கோடு போடாத அத்தியாயம்

டொக்டர் புத்தகம் எழுதுவார். எனக்கு விளங்காத இடத்தில் நான் பென்சிலால் கோடு போட வேண்டும். அதுதான் அவர் எனக்குத் தந்த வேலை.

நான் படித்தது ஏழாம் வகுப்பு வரை. ஓட்டோ ஓடுகிறேன். டொக்டர் ஓய்வுபெற்ற பிறகு எங்கள் டவுனில் ஓர்ஸ் ஹில்லில் இருக்கிறார். கண் பார்வை குறைந்து கார் ஓடுவதை விட்டுவிட்டார். சந்தைக்கும் தபால் கந்தோருக்கும் நான்தான் ஏற்றி இறக்குவேன். ஒருநாள் பின்சீற்றில் இருந்தபடி கேட்டார்.

“நீங்கள் பேப்பர் வாசிப்பீங்களோ?”

“ஓம் ஐயா. மெதுவா.”

“மெதுவா வாசிக்கிற ஆள்தான் எனக்கு வேணும்.”

நோய் வருத்தங்கள் ஏன் வருகின்றன, தாய் தகப்பனிடமிருந்து பிள்ளைக்கு எப்படிப் போகின்றன என்று சாதாரண ஆட்களுக்காக எழுதுகிறார். அவருடைய கூட்டாளிகள் வாசித்துவிட்டு எல்லாம் நல்லாயிருக்கு என்பார்களாம். அது அவருக்கு உதவாது. எனக்கு விளங்கினால் எல்லாருக்கும் விளங்கும் என்றார். நான் கோபிக்கவில்லை. உண்மைதானே.

முதல் தந்த தாள்களில் கோடு இல்லாத வரி குறைவு. மரபணு என்ற சொல்லுக்கு இரண்டு கோடு போட்டிருந்தேன்.

“இதுக்கு ஏன் ரெண்டு?”

“ரெண்டு தரம் வாசிச்சும் விளங்கேல்ல ஐயா.”

சிரித்தார். திருப்பி எழுதினார். உடம்பை எப்படிக் கட்டுவது என்று எழுதிய கொப்பி ஒவ்வொருவருக்குள்ளும் இரண்டு இருக்கிறது. ஒன்று தாய் தந்தது, மற்றது தகப்பன் தந்தது. பிழை இருந்தால் பிழையோடுதான் வரும். அதற்கு நான் கோடு போடவில்லை.

மூன்று வருடத்தில் இரண்டு புத்தகம் வந்தது. ஓட்டோ ஸ்ராண்டில் ஹயருக்கு ஆள் வராத நேரம் தாள்களை விரித்து வைத்திருப்பேன். மற்ற ஓட்டோக்காரர் எனக்கும் டொக்டர் என்று பட்டம் வைத்தார்கள்.

“டொக்டர், முதுகு நோகுது. குளிசை ஒண்டு எழுதித் தாங்கோ.”

“நாக்குக்குத்தான் குளிசை இருக்கு. தரட்டோ?” என்பேன்.

எங்களுக்கு ஊர் சல்லி, கடற்கரைக் கிராமம். அப்பாவும் அண்ணாவும் கடலுக்குப் போனவர்கள். அப்பா பெரிய நீச்சல்காரர். கடலடிக் கல்லில் கொழுவிய வலையை எடுக்க இறங்கினார். கடல் குளம் மாதிரிக் கிடந்தது. அவர் எழும்பி வரவில்லை. எனக்கு ஆறு வயது. ஐந்து வருடம் கழித்து அண்ணா. போட்டிலிருந்து கரைக்கு நீந்தி வந்தவர் பாதியில் கையை நிறுத்தினார் என்று கண்டவர்கள் சொன்னார்கள். அவருக்குப் பத்தொன்பது.

கடல் எங்கள் வீட்டில் கண் வைத்துவிட்டது என்றார்கள். அம்மா என்னைக் கூட்டிக்கொண்டு கரையை விட்டுப் பாலையூற்றுக்கு வந்தார். இந்த வீட்டில் ஒருவரும் இனிக் கடலில் கால் வைக்கக் கூடாது என்று கோயிலில் சத்தியம் பண்ணினார். எந்தப் பக்கம் போனாலும் கடல் தெரிகிற ஊரில் நாற்பது வருடம் நான் கால் நனைக்கவில்லை.

எனக்கு ஒரே மகள். இருபது வயது. மருந்துக்கடையில் வேலை. இந்த வருடம் உப்புவெளிக் கடற்கரையில் பெண்களுக்கு நீச்சல் பழக்கத் தொடங்கினார்கள். சனிக்கிழமை காலையில். போகட்டோ என்று கேட்டாள். மனைவி விடவில்லை.

“மாமி சத்தியம் பண்ணினது மறந்துபோச்சோ?”

“கடலுக்குக் கண் இல்லை” என்றேன். “அதெல்லாம் பழைய கதை.”

“புத்தகம் வாசிச்சு உங்களுக்குத் தலை கழண்டுபோச்சு.”

நான் விட்டுக்கொடுக்கவில்லை. இரண்டு புத்தகம் வாசித்தவன். காரணம் தெரியாத இடத்தில்தான் ஆட்கள் சாமியையும் பேயையும் இழுக்கிறார்கள் என்று டொக்டர் எழுதியிருந்தார். அதைச் சொன்னேன். மகளைப் போகச் சொன்னது நான்தான்.

மூன்று சனிக்கிழமை போனாள். நான் றோட்டில் நின்று பார்த்தேன். நல்லாக நீந்தினாள். அப்பாவின் கை மாதிரி என்று நினைத்தேன். அன்றைக்கு அது சந்தோசம்.

நாலாவது சனிக்கிழமை அவளை இறக்கிவிட்டு டொக்டரிடம் போனேன். புது அத்தியாயம் தந்தார். ஸ்ராண்டில் நிறுத்தி வாசித்தேன்.

வேறொரு நாட்டில் ஏரிக்கரையில் ஒரு குடும்பம். அங்கே நன்றாக நீந்துகிறவர்கள் அலையில்லாத தண்ணீரில் செத்தார்கள். ஊர் ஏரியைக் குறை சொன்னது. குற்றம் ஏரியில் இல்லை. இதயத்தில் ஓடும் மின்சாரத்தில் இருந்தது. ஒரு துடிப்பு முடிந்து அடுத்ததற்குத் தயாராக அந்த இதயங்களுக்குக் கூடுதல் நேரம் எடுத்தது. வெளியில் ஒன்றும் தெரியாது. நீந்தும்போது, ஓடும்போது, சிலருக்குத் திடீரென்று ஒரு சத்தம் கேட்டாலும், துடிப்பு குழம்பிவிடும். ஒரு கொப்பியில் பிழை இருந்தால் போதும். ஒவ்வொரு பிள்ளைக்கும் அது போய்ச் சேரப் பாதிக்குப் பாதி வாய்ப்புண்டு. பிழையை வைத்திருக்கிறவர் ஒன்றும் தெரியாமல் கிழவராகும் வரையும் இருக்கலாம்.

அடுத்த பக்கத்தில், ஓடும்போது மயங்கி விழுகிற பிள்ளையைச் சாப்பிடாமல் ஓடினபடியால் என்று விட்டுவிடக் கூடாது என்று இருந்தது.

மகள் இரண்டு தரம் விழுந்தவள். பள்ளிக்கூட ஓட்டப்போட்டியில் ஒருதரம். பஸ் பிடிக்க ஓடி ஒருதரம். காலமை சாப்பிடாமல் ஓடினது என்று சொன்னது நான். இதே சொல்.

பென்சில் கையில் இருந்தது. ஒரு அம்மா வந்து கேட்டார்.

“தம்பி, ஆஸ்பத்திரியடிக்குப் போவமோ?”

“ஏலாது அம்மா.”

மகளின் போனுக்கு அடித்தேன். எடுக்கவில்லை. போன் கரையில் பைக்குள் இருக்கும். தாள்களை மடித்துச் சட்டைப் பையில் வைத்துவிட்டு ஓட்டோவை உப்புவெளிக்கு விட்டேன். வழியில் என்ன கண்டேன் என்று எனக்கு நினைவில்லை.

கடல் அன்றைக்கும் குளம் மாதிரித்தான் கிடந்தது. பத்துப் பன்னிரண்டு பெண்கள் இடுப்பளவு தண்ணீரில் நின்றார்கள். அவர்களுக்கு அப்பால் ஒரு தலை. மகள். கரையோரமாக நீந்திக்கொண்டிருந்தாள். கூப்பிட வாயைத் திறந்தேன். திடீரென்று ஒரு சத்தம் என்று எழுதியிருந்தது. வாயை மூடினேன்.

பழக்குகிற பிள்ளை கரையில் நின்றாள். விசிலை வாயில் வைக்கப் போனாள்.

“தங்கச்சி, ஊதாதேங்கோ.”

“ஏன் அண்ணா?”

“ஊதாதேங்கோ. பிறகு சொல்லுறன்.”

கடலுக்குள் நடந்தேன். சப்பாத்துக் கழற்ற நினைவு வரவில்லை. முழங்கால், இடுப்பு, நெஞ்சு. எனக்கு நீந்தத் தெரியாது. மகளின் கை மேலே வந்தது, உள்ளே போனது. ஒவ்வொரு தரமும் திரும்ப வரும் வரை பார்த்தேன். பிறகு அவள் என்னைக் கண்டாள். காலை ஊன்றி நின்றாள்.

“அப்பா? நீங்களோ? சப்பாத்தோடயோ கடலுக்குள்ள?”

“ஓம். நீந்தாத. மெதுவா நடந்து வா.”

“அம்மாவுக்கு ஏதுமோ?”

“ஒருத்தருக்கும் ஒண்டுமில்லை. அவசரம் இல்லை. நட.”

சிரித்துக்கொண்டு வந்தாள். மணிக்கட்டைப் பிடித்தேன். நாடி அடித்தது. ஓட்டோவில் ஏற்றும் வரை அந்தக் கையை விடவில்லை.

நேரே டொக்டர் வீட்டுக்குப் போனோம். சட்டைப் பையிலிருந்த தாள்களை மேசையில் வைத்தேன். நனைந்து ஒட்டிக்கிடந்தன. ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்த்தார்.

“ஒரு கோடும் இல்லை. வாசிக்கேல்லையோ?”

“வாசிச்சனான். எல்லாம் விளங்கினது.”

அப்பா, அண்ணா, மகள் விழுந்த இரண்டு தரம் எல்லாம் சொன்னேன். டொக்டர் கண்ணாடியைக் கழற்றினார். பிறகு போனை எடுத்தார்.

அன்றைக்கே ஆஸ்பத்திரியில் இரண்டு பேருக்கும் ஈசிஜி எடுத்தார்கள். டொக்டர் இரண்டு கடதாசியையும் விரித்து, லென்ஸ் வைத்துப் பார்த்து, என் பென்சிலை வாங்கி இரண்டு இடத்தில் கோடு போட்டார்.

“இதில இருந்து இதுவரைக்கும். உங்களுக்கும் நீளம்தான். பிள்ளைக்கு இன்னும் நீளம்.”

“நான் குடுத்தது.”

“ஓம்” என்றார். அவர் பொய் சொல்கிறவர் இல்லை. “உங்களுக்கு உங்கட அப்பா. அவருக்கு ஆரோ.”

இதய டொக்டரும் பார்த்துவிட்டு அதையே சொன்னார். இப்போது நாங்கள் இரண்டு பேரும் தினமும் குளிசை எடுக்கிறோம். மகள் ஓடக் கூடாது, நீந்தக் கூடாது. அவள் அழவில்லை.

“நாலு கிழமைதான் அப்பா. நல்லா வந்தது” என்றாள்.

மனைவி குசினி அடுப்படியில் நின்று எல்லாவற்றையும் கேட்டாள்.

“அப்ப மாமி சொன்னது சரி.”

“சரி. காரணம்தான் வேற.”

“காரணத்தை வச்சு நான் என்ன செய்ய?” என்று தேத்தண்ணியோடு குளிசையைக் கொண்டுவந்து வைத்தாள்.

பேர் இல்லாமல் எங்கள் கதையையும் அந்த அத்தியாயத்தில் சேர்க்கட்டோ என்று டொக்டர் கேட்டார். சேருங்கோ என்றேன். அரைப் பக்கம் எழுதித் தந்தார். வாசித்தேன். ஒரு வரிக்குக் கோடு போட்டேன். ‘தகப்பன் அறியாமையால் மகளைக் கடலுக்கு அனுப்பினார்.’

“இது விளங்கேல்லையோ?”

“விளங்குது. ஆனால் அறியாமையால இல்லை ஐயா. உங்கட ரெண்டு புத்தகமும் வாசிச்ச பிறகுதான் அனுப்பினனான்.”

அவர் அந்த வரியை அழித்தார். பிறகு பென்சிலை என்னிடம் நீட்டினார்.

“அப்ப நீங்களே எழுதுங்கோ.”

அதனால் இதை எழுதினேன். நான் எழுதியதிலும் அவர் இரண்டு இடத்தில் கோடு போட்டார். திருத்தினேன். அப்பாவின் தங்கச்சி இன்னும் சல்லியில் இருக்கிறார். அவருக்கு இரண்டு ஆண் பிள்ளைகள். இரண்டு பேரும் கடலில் மூழ்கிச் சுழியோடுகிறவர்கள். அவர்களையும் பார்க்க வேண்டும் என்று டொக்டர் சொல்லியிருக்கிறார். வாயால் சொன்னால் சிரிப்பார்கள். இதை ஒரு பிரதி எடுத்துக்கொண்டு நாளைக்கு வெள்ளென, அவர்கள் கடலில் இறங்க முதல் போகிறேன். அவர்களும் மெதுவாக வாசிக்கிறவர்கள்தான். வாசித்து முடிக்கும் வரை பக்கத்தில் இருப்பேன்.