விபத்தில்லாத நானூற்றுப் பன்னிரண்டு நாள்

வீட்டுக்கு ஒரு புது விளையாட்டு வந்தால், அதற்குப் பெட்டியில் இடம் பண்ணிக் கொடுப்பது டிரைவரின் வேலை. பெட்டி என்று அந்த வீட்டில் சொல்வது டிவிக்குக் கீழே கறுப்பாக உட்கார்ந்திருக்கும் கேம் கன்சோலை. அவர் பஸ் ஓட்டுவதை நிறுத்தி ஏழு வருஷம் ஆகிறது. டிரைவர் என்ற பெயர் மட்டும் இன்னும் அவரை விட்டு இறங்கவில்லை. மகன் அப்பா என்றுதான் கூப்பிடுவான். எரிச்சல் வந்தால் அவனுக்கும் அவர் டிரைவர்தான்.

பெட்டியின் மொத்த இடம் ஐந்நூறு ஜிபி. அதில் நூறைப் பெட்டியே தன் சொந்த உபயோகத்துக்கு எடுத்துக்கொள்ளும். மகனின் துப்பாக்கி விளையாட்டு நூற்றறுபது. கால்பந்து வருஷா வருஷம் புதிதாக வரும், ஒவ்வொரு தடவையும் முன்னைவிடப் பெருத்து வரும். மருமகளின் நடன விளையாட்டு முப்பது. அவள் அதை இரண்டே தடவைதான் ஆடியிருக்கிறாள், ஆனால் அதில் யாராவது கை வைத்தால் வீடு ரெண்டாகிவிடும். மிச்சமிருக்கும் மூலையில் டிரைவரின் பஸ், முப்பத்தெட்டு ஜிபி. 'இடம் போதவில்லை' என்று திரையில் எழுத்து வந்தால் மகன் ஒரு நிமிஷம்கூட யோசிக்க மாட்டான். முதலில் பஸ்ஸைத் தூக்குவான்.

அந்தப் பஸ் விளையாட்டை வாங்கித் தந்ததும் அவன்தான். அப்பாவின் பிறந்தநாளுக்கு, கிண்டலுக்கு. "பழைய தொழில் மறந்துடக் கூடாதில்லப்பா" என்று சொல்லி விளையாட்டு இருந்த குறுந்தட்டை அவர் மடியில் போட்டபோது, மருமகள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். டிரைவரும் சேர்ந்து சிரித்தார். மகன் வீட்டு ஹாலில், சோபாவில் படுத்து எழுந்திருக்கிறவர் வேறென்ன செய்வார்?

முதல் தடவை மகன் அதை அழித்தபோது அவருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அறுபத்திரண்டு நாள் ஓட்டியிருந்தார். ஒவ்வொரு நாளும் டிப்போவிலிருந்து பஸ்ஸை எடுத்து, ஊர் முழுக்கச் சுற்றி, பயணிகளை ஏற்றி இறக்கித் திரும்பக் கொண்டுவந்து விட்டால்தான் திரையில் அந்த வரி வரும்: விபத்தில்லாத நாட்கள். ஒரே ஒரு ஆள்மேல் பட்டாலும் எண் பூஜ்யத்துக்குத் திரும்பிவிடும். அது போய்விட்டது என்று நினைத்து அன்று முழுக்கச் சாப்பாட்டைத் தொடவில்லை. மறுநாள் குறுந்தட்டைப் பெட்டியில் போட்டு மறுபடி ஏற்றிப் பார்த்தார். மூன்று மணி நேரம் சதவீதம் ஏறுவதையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். திறந்தால், அறுபத்திரண்டு அப்படியே இருந்தது. விளையாட்டு வேறு, அதில் நாம் ஓட்டிச் சேர்த்த கணக்கு, 'சேவ்' என்பது, வேறு, அது தனியாகப் பத்திரமாக இருக்கிறது என்று அன்றுதான் அவருக்குப் புரிந்தது.

அதற்குப் பிறகு பெட்டியை அவர் கரைத்துக் குடித்துவிட்டார். டிப்போ ஸ்டோர்ஸில் நாலு வருஷம் டயரும் நட்டும் போல்ட்டும் அடுக்கி வைத்த மனுஷன்; எது நகர்கிறது, எது சும்மா இடத்தை அடைக்கிறது என்று பார்ப்பது அவருக்குப் பழகிப்போன வேலை. வேண்டாத அப்டேட்டுகளை நீக்குவார், மகன் எடுத்துக் குவித்த வீடியோக்களைக் களைவார், பஸ்ஸுக்கு எப்படியாவது முப்பத்தெட்டு ஜிபி தேற்றிவிடுவார். மாதாமாதம் பணம் கட்டினால் அந்தச் சேவ் கணக்கை இணையத்திலேயே வைத்துக்கொள்ளலாமாம். ஒரு தடவை வாய் திறந்து கேட்டார். "பஸ் ஓட்டுறதுக்கெல்லாமாப்பா?" என்றான் மகன். சரி என்று ஒரு பென்டிரைவ் வாங்கினார். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் சேவ் கணக்கை அதில் நகல் எடுப்பார். நகல் எடுக்கும்போது திரையில் இரண்டு கட்டம் வரும்: இடது பக்கம் பென்டிரைவில் உள்ள பழையது, வலது பக்கம் பெட்டியில் உள்ள புதியது. எதை வைத்துக்கொள்ளட்டும் என்று கேட்கும். வலது கட்டத்தை அமுக்க வேண்டும். அமுக்கி அமுக்கி விரலுக்கே அது தெரிந்துபோயிருந்தது.

அவருக்கு இடது பக்கம் தெரியாது. இரண்டு கண்ணிலும் இடது பாதி போய்விட்டது. நேராகப் பார்த்தால் உலகம் மூக்கோடு நின்றுவிடும். கழுத்தைத் திருப்பினால்தான் மற்றது உண்டு. பஸ் விளையாட்டில் ஒவ்வொரு நிறுத்தம் வரும்போதும் சுவரைப் பார்க்கிறவர்போல இடது பக்கம் திரும்புவார். மகனின் நண்பர்கள் அதை நடித்துக் காட்டுவார்கள். நன்றாகத்தான் நடிப்பார்கள்.

இருபத்தாறு வருஷம் நிஜப் பஸ் ஓட்டியவர். கடைசி வருஷத்தில் இடது ஓரம் மங்கலாக ஆரம்பித்தது. மனைவி முன்பே போய்விட்டதால், அதைச் சொல்ல மகன் ஒருவன்தான் இருந்தான், அவன் அப்போது கல்லூரியில் கடைசி வருஷம். அவன் நிதானமாகக் கேட்டுவிட்டு, "இன்னும் ஏழு மாசம்தாம்பா. படிப்பு முடியட்டும். டிப்போவில யார்கிட்டயும் சொல்லாதீங்க" என்றான். டிரைவர் சொல்லவில்லை. இரண்டு மாதம் கழித்து, துணிக்கடை நிறுத்தத்தில், வேலைக்கு நேரமாகிவிட்ட அவசரத்தில் ஒரு கடைப்பெண் நடைபாதையிலிருந்து இறங்கினாள். இடது பக்கம். டிரைவருக்குச் சத்தம்தான் கேட்டது. அவள் அவசரப்பட்டு இறங்கியதாகத்தான் விசாரணையில் எழுதினார்கள். டிரைவர் மேல் தப்பில்லை என்று டிப்போவில் தோளைத் தட்டினார்கள். தோளைத் தட்டிய ஒவ்வொரு கையும் அவருக்குச் செருப்படியாக விழுந்தது. பிறகு கண் பரிசோதனை, பிறகு ஸ்டோர்ஸ்.

இந்தக் கதை தெரிந்தால்தான் நானூற்றுப் பன்னிரண்டு என்பது என்ன என்று தெரியும். மூன்று வருஷம் உட்கார்ந்து, கழுத்தைத் திருப்பித் திருப்பி, ஒரு பொம்மை மனுஷன்மீதுகூடப் படாமல் ஓட்டிச் சேர்த்தது. அதனால் செத்தவள் எழுந்து வரப்போவதில்லை என்று அவருக்கும் தெரியும். ஆனாலும் அந்த எண் ஏறும்போது அன்றைக்குத் தூக்கம் வந்தது. அவ்வளவுதான், அதற்கு மேல் அதில் ஒரு தத்துவமும் கிடையாது.

அந்தச் சனிக்கிழமை கால்பந்தின் புதுப் பதிப்பு வந்தது. மகன் வழக்கம்போலப் பஸ்ஸைத் தூக்கப் போனான். டிரைவர் குறுக்கே வந்தார்.

"துப்பாக்கிய ஒரு மாசமா நீ தொடவே இல்லப்பா. அதை எடுத்தா நூத்தறுபது கிடைக்கும். கால்பந்து தாராளமா உட்காரும்."

மகன் கொஞ்சம் யோசித்து, "சரி, என்னவோ பண்ணுங்க" என்றான். டிரைவருக்குத் தலைகால் புரியவில்லை. துப்பாக்கியை அழித்து, கால்பந்தை இறக்கத் தொடங்கிவிட்டு, பஸ் தப்பித்த சந்தோஷத்தோடு கண் ஆஸ்பத்திரிக்குப் போனார். அன்று அவருக்குப் பரிசோதனை நாள்.

மத்தியானம் திரும்பியபோது மாடிப்படியிலேயே சிரிப்புச் சத்தம் கேட்டது. ஹாலில் மகனும், அவன் ஆபீஸ் நண்பர்கள் மூன்று பேரும். கால்பந்து நாற்பது சதவீதத்தில் ஊர்ந்துகொண்டிருந்தது. துப்பாக்கி இல்லை, நடனத்தில் கை வைக்க யாருக்கும் தைரியமில்லை, பொழுது போக வேண்டுமே என்று பஸ்ஸைத் திறந்திருந்தார்கள். டிரைவரின் பெயரிலேயே, டிரைவரின் சேவிலேயே. கையில் கன்ட்ரோலரோடு இருந்தவன் சுருட்டைமுடிக்காரன், எல்லாரும் சுருட்டை என்பார்கள். பஸ் நடைபாதைமேல் ஏறிப் போய்க்கொண்டிருந்தது. நிறுத்தத்தில் நின்ற பொம்மைகள் பறந்தன.

"ஏழு! டேய், ஒரே நிறுத்தத்துல ஏழு!"

மூலையில் அந்த வரி இருந்தது. விபத்தில்லாத நாட்கள்: பூஜ்யம்.

டிரைவரின் முகத்தில் ஈயாடவில்லை. "என்னப்பா இது... ஏம்ப்பா இப்படிப் பண்ணீங்க..." என்றார். குரல் அவருடையதுபோலவே இல்லை.

நண்பர்கள் முன்னால் மகனுக்கு அது பிடிக்கவில்லை. "எதுக்கு இப்போ மூஞ்சியத் தூக்குறீங்க? நீங்க செய்யாததையா நாங்க செஞ்சிட்டோம்?"

சுருட்டை களுக்கென்று சிரித்து, பிறகு விஷயம் புரிந்து நிறுத்திக்கொண்டான். டிரைவருக்குப் பேச இருந்தது. ஏழு மாசம்தாம்பா என்றது யார் என்று கேட்டிருக்கலாம். கேட்டால் மகனுக்கு நண்பர்கள் முன்னால் அசிங்கம். அதை மென்று விழுங்கிக்கொண்டு, டிவிக்குக் கீழே தன் இழுப்பறையைத் திறந்து பென்டிரைவை எடுத்தார். போன ஞாயிற்றுக்கிழமை நகல் எடுத்தது, அதற்குப் பிறகு அவர் பஸ்ஸை எடுக்கவில்லை. நானூற்றுப் பன்னிரண்டும் அதற்குள் முழுசாக இருந்தது.

மகன் விலகி உட்கார்ந்தான். டிரைவர் பென்டிரைவைச் செருகினார். திரையில் அதே இரண்டு கட்டம்: இடது பக்கம் பென்டிரைவில் உள்ளது, வலது பக்கம் பெட்டியில் உள்ளது. எதை வைத்துக்கொள்ளட்டும்? இன்றைக்கு இடதை அமுக்க வேண்டும். அதற்கு முதலில் இடது என்று ஒன்று இருப்பது தெரிய வேண்டும், தெரிவதற்குக் கழுத்தைத் திருப்ப வேண்டும். மூன்று வருஷமாக ஒரு நிறுத்தத்தில்கூடத் திருப்ப மறக்காதவர், அந்தப் படபடப்பில் மறந்தார். அவருக்குத் தெரிந்தது ஒரே ஒரு கட்டம். விரல் பழக்கப்படி அதை அமுக்கியது.

பென்டிரைவிலும் பூஜ்யம் ஏறிக்கொண்டது. சேவ் மொத்தமே பதினோரு எம்பி. ஒரு நொடிகூட ஆகவில்லை.

என்ன செய்தோம் என்று அவருக்குப் புரிந்து, இரண்டாம் தடவை புரிந்து, எழுந்து பாத்ரூமுக்குப் போனார். கதவைச் சாத்திய பிறகும் ஹாலில் பேசியது கேட்டது. கண்தான் பாதி, காது முழுசாக இருந்தது.

"டேய், இடது பக்கம் அமுக்கணும்னு நீ சொல்லியிருக்கலாம்ல? பார்த்துட்டுதானே இருந்த?" சுருட்டையின் குரல்.

"சொன்னா? மறுபடியும் நாள் பூரா இவருதான் டிவி முன்னாடி. விடு, ஒழிஞ்சுது."

டிரைவர் குழாயைத் திறந்துவிட்டு, தண்ணீர் சத்தத்தில் அழுதார். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தார். வீட்டில் இருக்க வேறு இடம் இல்லை.

கால்பந்து ஏறி முடிந்தது. ஆனால் அன்று யாரும் அதைத் திறக்கவில்லை. அடுத்த சனிக்கிழமையும் திறக்கவில்லை. பஸ்ஸில் ஆளை அடிப்பது அதைவிட ஜாலியாக இருந்தது. ஒரு ரவுண்டில் யார் அதிகம் என்று போட்டி வைத்துக்கொண்டார்கள். அதற்கு மேலும் ஊர்கள், மேலும் பஸ்கள் என்று கூடுதல் தொகுப்புகளை மகன் வாங்கினான். அறுபது ஜிபி.

"அப்பா, கால்பந்தத் தூக்கிட்டு பஸ்ஸுக்கு எடம் பண்ணிடுங்க" என்றான். குரலில் கோபமில்லை. அன்பாகக்கூட இருந்தது.

டிரைவர் பண்ணிக் கொடுத்தார். அதன் பிறகு பஸ்ஸை யாரும் தூக்கவே இல்லை. சனிக்கிழமைகளில் அவர் சோபாவின் ஓரத்தில் உட்கார்ந்திருப்பார். ஒவ்வொரு நிறுத்தம் வரும்போதும் அவர் கழுத்து தானாக இடது பக்கம் திரும்பும். திரும்பினால் அங்கே நிற்கிறவர்கள் எல்லாரும் தெரிவார்கள். ஸ்டியரிங் மகன் கையில் இருக்கும்.