ஊமைப்படத்துக்கு மிருதங்கம்

நோர்வேயில், ஒஸ்லோவின் ஓரப் பகுதியான புருசெத்தில் குடியிருக்கும் யோகலிங்கத்துக்குக் கிழமை நாட்களில் பள்ளிக்கூடம் துப்புரவாக்கும் வேலை. சனிக்கிழமைகளில் பிள்ளைகளுக்கு மிருதங்கம் பழக்குவார். யார் எதைக் கேட்டாலும் யோசிக்காமல் ‘ஓம்’ சொல்வது அவருடைய சம்பளமில்லாத மூன்றாவது வேலை.

2005ஆம் ஆண்டு, ஒஸ்லோ நகரத்துத் திரையரங்கொன்றில் சீட்டுக் கொடுக்கும் தமிழ்ப் பெண் மக்டலீன் அவரிடம் வந்தாள்.

“அண்ணை, பழைய இந்திய ஊமைப்படம் போடுகினம். சாமிக்கதை. நீங்கள் திரைக்குப் பக்கத்திலை இருந்து மிருதங்கம் அடிக்கவேணும்.”

சாமி என்றால் மனுசனுக்கு முருகனை விட்டால் வேறு யார் ஞாபகம் வரும்? ஓம் என்றுவிட்டார். ஒத்திகைக்குப் படத்தைப் போட்டபோதுதான் அது புத்தர் கதை என்று தெரிந்தது.

புத்தரால் அவருக்குப் பயமில்லை. உறங்கும் மனைவியையும் பச்சைக் குழந்தையையும் பார்த்துவிட்டு, எழுப்பாமலே சித்தார்த்தன் வீட்டை விட்டுப் போகும் காட்சிக்குத்தான் பயந்தார். 1987இல் திருகோணமலையிலிருந்து அவரும் அப்படித்தான் வெளிக்கிட்டார். மகளுக்கு அப்போது மூன்று மாதம். நான்கு வருடம் கழித்தே மனைவி கனகேஸ்வரியையும் மகளையும் இங்கே கூப்பிட முடிந்தது. சொல்லாமல் போனதைப் பற்றி அவள் ஒரு நாளும் கேட்டதில்லை. கேட்டுவிடுவாளோ என்று இவரும் வாயைத் திறந்ததில்லை. அந்தக் கனகேஸ்வரி படத்தன்று முன்வரிசையில் வந்து உட்கார்ந்துவிட்டாள்.

காட்சி வந்தது. சித்தார்த்தன் குனிந்து மனைவியைப் பார்த்தான். யோகலிங்கத்தின் கை அப்படியே நின்றுவிட்டது. அரங்கில் ஒரு சத்தமில்லை.

“அவள் எங்கை நித்திரை? கண்ணிமை ஆடுது பாருங்கோ!”

கனகேஸ்வரியின் குரல்தான். தமிழர்கள் கொல்லென்று சிரித்தார்கள். விளங்காமலே நோர்வேக்காரர்களும் சிரித்தார்கள். நடிகைக்கு உண்மையாகவே இமை துடித்தது. யோகலிங்கம் தட்டுத்தடுமாறித் தாளத்தைப் பிடித்துக்கொண்டார்.

திரும்பும் ரயிலில், மிருதங்கத்தை மடியில் வைத்துக்கொண்டு ஒருவழியாகக் கேட்டார்.

“அண்டைக்கு உம்மை எழுப்பாமல் போனது பிழைதானே, கனகம்?”

“எழுப்ப என்ன கிடக்கு? நான் முழிச்சுத்தான் கிடந்தனான்.”

“பிறகேன் பேசாமல் கிடந்தனீர்?”

“கண்ணைத் திறந்தால் நீங்கள் போகமாட்டியள். நிண்டிருந்தால் ஆமிக்காரங்கள் உங்களைப் பிடிச்சுக்கொண்டு போயிருப்பாங்கள்.”

யோகலிங்கத்துக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. பதினெட்டு வருடம் தனியே சுமந்த குற்றம் நெஞ்சை விட்டு இறங்கியது. கண்ணைத் துடைக்கவும் தோன்றாமல் மனைவியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“என்ன பாக்கிறியள்?” என்றாள் கனகேஸ்வரி. “அண்டைக்கு எனக்கு இமை ஆடேல்லை.”