ஆண்டி வாத்தும் நான் சொன்ன திருவோடும்

செஞ்சிக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் கோட்டை ஏறப் போவார்கள். ஜனவரி மூன்றாவது வாரம், ஒரு சனிக்கிழமை, நான் போனது ஒரு வாக்கியத்தைத் தடுக்க. அது சுவரில் ஏறுவதற்குள் போய்ச் சேர வேண்டும் என்ற பதற்றத்தில் வீட்டுச் சாவியைக் கதவிலேயே விட்டுவிட்டு வந்து, தெருமுனை வரை போய்த் திரும்பி வந்து எடுத்தேன்.

நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். நான் ஓய்வு பெற்ற அறிவியல் ஆசிரியை. ஒன்பது வருடம் அவலூர்பேட்டைப் பக்கம் ஒரு பள்ளியில் வேலை பார்த்தேன். அங்கே என்னிடம் படித்த தரணேந்திரன் இப்போது செஞ்சியில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, வியாபாரம் செய்கிறான். நாற்பதை நெருங்கும் வயது. ஓய்வு நாளில் ஏரி ஏரியாகப் போய்ப் பறவை பார்ப்பது அவன் பழக்கம். தன் சொந்த ஊர் ஏரிக்கரையில் இருக்கும் மோட்டார் அறைச் சுவரில், குளிர்காலத்தில் வரும் பறவைகளைப் பற்றி எழுதிவைக்கப் போவதாகச் சொல்லியிருந்தான். வியாழக்கிழமை மாலை வாட்ஸ்அப்பில் அதன் வாசகம் வந்தது. சனிக்கிழமை பெயிண்டர் வருகிறார், திங்கட்கிழமை திறப்பு, நீங்கள் கட்டாயம் வர வேண்டும் என்று கூடவே ஒரு வரி.

வாசகத்தின் கடைசிப் பத்தி இது: “தட்டைவாயன் எனப்படும் இந்த வாத்தின் அகன்ற அலகு ஆண்டியின் திருவோடு போல இருப்பதால், செஞ்சிப் பகுதி மக்கள் தொன்றுதொட்டு இதை ஆண்டி வாத்து என்று அழைத்து வருகின்றனர்.”

இன்னொரு முறை படித்தேன். அந்தத் திருவோடு என்னுடையது.

எட்டாம் வகுப்பில் ஒருமுறை படத்தைக் காட்டி இந்த வாத்தைப் பற்றிச் சொன்னேன். ஆண்டி வாத்து என்ற பெயரை ஒரு பட்டியலில் பார்த்திருந்தேன். “ஏன் டீச்சர் ஆண்டி?” என்று ஒரு பிள்ளை கேட்டது. எனக்குத் தெரியாது. ஆனால் உதாரணம் இல்லாமல் எதையும் விட்டுவிட மனம் வராத ஆள் நான். “மூக்கைப் பாருங்க, திருவோடு மாதிரி இல்ல?” என்றேன். வகுப்பே தலையாட்டியது. மணி அடித்தது. அவ்வளவுதான் ஆதாரம். “தொன்றுதொட்டு” என்பது தரணேந்திரன் தன் பங்குக்குச் சேர்த்தது.

உடனே போன் செய்தேன். அணைந்திருந்தது. வீட்டு எண்ணுக்குக் கூப்பிட்டபோது, லோடு ஏற்றிக்கொண்டு வெளியூர் போயிருப்பதாகவும் சனிக்கிழமை காலையில்தான் வருவார் என்றும் அவன் மனைவி சொன்னாள். நான் அனுப்பிய செய்திக்கு இரண்டு நாளாக ஒற்றை டிக் மட்டுமே. சரி, நேரில் போவோம் என்று கிளம்பினேன். ஒன்றை மறைக்காமல் சொல்கிறேன். எனக்குள் ஒரு சின்ன ஆசையும் இருந்தது. யாராவது ஒருவர், என் வகுப்புக்குச் சம்பந்தமே இல்லாத ஒருவர், அதே காரணத்தைச் சொல்லிவிட்டால் போதும். வாக்கியம் உண்மையாகிவிடும். நானும் எதையும் ஒப்புக்கொள்ள வேண்டியதில்லை.

திண்டிவனத்தில் காலை 5.50க்கு பஸ். செஞ்சி 28 கிலோமீட்டர். வல்லம் தாண்டும்போது இருட்டு விலகி, நெல் வயல்களின் மேல் பனி தெரிந்தது. 6.45க்கு இறங்கினேன். கோட்டை மலையான ராஜகிரியின் உச்சியை மேகம் மூடியிருந்தது. டீ பன்னிரண்டு ரூபாய். அதைப் பாதியில் வைத்துவிட்டு ஆட்டோ பேசினேன். போக வர, காத்திருப்பு எல்லாம் சேர்த்து 700 ரூபாய். டிரைவர் பெயர் ஏழுமலை.

“கோட்டைக்குத்தானே டீச்சர்?” என்றார். நான் டீச்சர் என்று பார்த்ததும் எப்படித்தான் கண்டுபிடிக்கிறார்களோ.

“இல்லைங்க, ஏரிக்கு. வாத்து பார்க்கணும்.”

“இன்னாது, வாத்தா? எழுநூறு ரூபாய்க்கு நானே ரெண்டு வாத்து பிடிச்சாந்து தருவனே!”

அவலூர்பேட்டை சாலையில் 14 கிலோமீட்டர் போய், வலப்பக்கம் மண்சாலையில் இரண்டு கிலோமீட்டர். ஊர்ப் பெயரை எழுதவில்லை. கூட்டம் வேண்டாம் என்று ஊர்க்காரர்கள் கேட்டுக்கொண்டார்கள். 7.35க்குக் கரை ஏறினோம்.

வாத்துகள் இருந்தன. அறுபது வரை எண்ணினேன். பிறகு அவை நகர்ந்ததில் கணக்குத் தவறியது. ஆணுக்குப் பச்சைத் தலை, வெள்ளை மார்பு, வயிற்றின் இரு பக்கமும் செங்கல் நிறம். பெண்ணுக்கு மண் நிறத்தில் புள்ளிகள். இரண்டுக்கும் முகத்தைவிட மூக்குதான் பெரிது. பத்துப் பதினைந்து சேர்ந்து, தலையைத் தண்ணீரில் வைத்தபடி, ஒன்றின் வாலை ஒன்று பிடித்ததுபோல வட்டமாகச் சுற்றுகின்றன. கல் போக அரிசியை அரிக்கும்போது பாத்திரத்தைச் சுழற்றுவோமே, அதே வேலை. சுழற்சியில் மேலே வரும் பூச்சியையும் விதையையும், அலகின் ஓரத்தில் சீப்புப்பல் போல இருக்கும் வரிசை வடிகட்டிக்கொள்கிறது. வட துருவத்துக்குப் பக்கத்து நாடுகளிலிருந்து இதற்காக இவ்வளவு தூரம் வருகின்றன.

பெயர் விஷயத்தில் எனக்கு உறுதியாகத் தெரிந்தவை மூன்று. தட்டையான வாய் உள்ளதால் தட்டைவாயன். ஆங்கிலத்தில் ஷவலர், அதாவது மண் அள்ளும் தட்டைக் கருவியைப் போன்றது. அறிவியல் பெயர் ஸ்பாட்டுலா கிளைபியேட்டா. ஸ்பாட்டுலா லத்தீனில் தட்டைக் கரண்டி. நம் தோசைத் திருப்பியை நினைத்துக்கொள்ளுங்கள். கிளைபியேட்டா என்றால் கேடயம் தாங்கியது. எல்லாருமே மூக்கைப் பார்த்துத்தான் பெயர் வைத்திருக்கிறார்கள். அப்படியிருக்க ஆண்டியும் மூக்கிலிருந்து வந்திருக்கக் கூடாதா? இப்படித்தான் என் மனம் எனக்காக வாதாடிக்கொண்டிருந்தது.

கரைக்குக் கீழே மல்லாட்டைக் கொல்லையில் களை எடுத்துக்கொண்டிருந்த அம்மாவிடம் முதலில் கேட்டேன்.

“அதுக்கு இன்னா பேரு, தாராதான். எல்லாம் தாராதான். அதுக்குப் பேரு வெச்சிக்கினு ரேஷன் கார்டா வாங்கப் போறேன்?” என்றார். பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள். தாரா என்றால் பொதுவாக வாத்து, அவ்வளவுதான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. மணி 8.20.

மதகருகே வலை அலசிக்கொண்டிருந்தவர் “மூக்கன்” என்றார். காரணம் கேட்டபோது, கண்ணில்லையா என்பதுபோல என்னைப் பார்த்தார்.

மூன்றாவதாக, ஆடு ஓட்டி வந்த முனுசாமி. அறுபது வயதுக்கு மேல் இருக்கும். இங்கே நான் ஒரு தப்பு செய்தேன். பெயரைக் கேட்பதற்குப் பதிலாக, “இதை ஆண்டி வாத்துன்னு சொல்றாங்களே, ஏங்க?” என்று கேட்டுவிட்டேன்.

“மூக்கப் பாருங்க, திருவோடு மாதிரி இல்ல? அதான் ஆண்டி” என்றார், ஒரு நொடி யோசிக்காமல்.

எனக்குப் பெரிய மூச்சு ஒன்று வெளியே வந்தது. கையைக்கூட கூப்பிவிட்டேன் என்று நினைக்கிறேன். வாக்கியம் பிழைத்தது, நானும் பிழைத்தேன். ஆனாலும் பழக்க தோஷம், ஒரு கேள்வி கூடுதலாகக் கேட்டேன். “உங்களுக்கு இதை யார் சொன்னாங்க?”

“எம் பொண்ணுதான். இஸ்கூல்ல படிச்சுக்கினு வந்து சொல்லிச்சு. ரெட்டைக் கொடை டீச்சர் சொன்னாங்களாம்.”

“எந்த டீச்சர்?”

“பேரு தெரியாதும்மா. ரெண்டு கொடை வெச்சிருக்கும் அது. ஒண்ணு அதுக்கு. இன்னொண்ணு யாருக்குன்னு ஊர்ல ஒருத்தருக்கும் தெரியல.”

ஏழுமலை மெல்லத் திரும்பி என் பையைப் பார்த்தார். அதில் இரண்டு குடைப் பிடிகள் நீட்டிக்கொண்டிருந்தன. இன்னொன்று, மழையில் குடையில்லாமல் நிற்கும் பிள்ளைக்கு. ஓய்வு பெற்றும் அந்தப் பழக்கம் போகவில்லை. எனக்கு அப்படி ஒரு பட்டப்பெயர் இருந்ததே அன்றுதான் தெரியும்.

மறைப்பதில் பொருளில்லை. “ஐயா, அந்த டீச்சர் நான்தான். அது நானா இட்டுக்கட்டிச் சொன்னது. உண்மையான காரணம் எனக்குத் தெரியாது” என்றேன்.

முனுசாமி என்னையும் குடைகளையும் மாறி மாறிப் பார்த்தார். முகம் மலர்ந்தது. “அட, நீங்கதானா அது! அப்ப சொன்னவங்களே வந்து சொல்லிட்டீங்க. இனிமே இன்னா சந்தேகம்?” என்று சொல்லிவிட்டு ஆடுகளின் பின்னால் போனார். கூப்பிட்டேன். கையை உயர்த்தி ஆட்டினாரே தவிரத் திரும்பவில்லை.

“விடுங்க டீச்சர், டென்ஷன் ஆவாதீங்க. பொய் இல்லியே, ஒரு பேச்சுதானே” என்றார் ஏழுமலை.

பேச்சாக இருந்தவரை பரவாயில்லை. சுவரில் ஏறினால் அதைப் படம் எடுப்பார்கள். படத்தைப் பார்த்து இன்னொருவர் எழுதுவார். நாளைக்கு நானே எங்காவது படித்து, பார், உண்மைதான் போல என்று நம்பிவிடுவேன். கால்மணி நேரம் முன்பு கிட்டத்தட்ட நம்பிவிட்டேனே!

10.10க்கு மோட்டார் அறைக்குப் போனபோது பெயிண்டர் ஏணியிலிருந்து இறங்கி, உட்கார்ந்து எழுதிக்கொண்டிருந்தார். மற்ற பறவைகள் எல்லாம் முடிந்து, “செஞ்சிப் பகுதி மக்கள் தொன்றுதொட்டு” வரைக்கும் வந்திருந்தது. நிறுத்துங்கள் என்றேன். “தரணி அண்ணன் சொன்னாத்தான்” என்று தூரிகையைத் தோய்த்தார். நல்ல வேளையாக அந்த நேரத்தில் பைக் சத்தம் கேட்டது.

“டீச்சர்! திங்கக்கிழமைன்னு சொன்னா இன்னிக்கே வந்துட்டீங்க. டிபன் சாப்ட்டீங்களா?”

சொன்னேன். எல்லாவற்றையும், முனுசாமி வரைக்கும். தரணேந்திரனின் சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. சுவரைப் பார்த்தபடியே பேசினான். “அன்னிக்கு கிளாஸ் முடிஞ்சதும் நேரா இந்த ஏரிக்குத்தான் வந்தேன் டீச்சர், திருவோடு இருக்குதான்னு பாக்க. அதிலேருந்துதான் எல்லாம். எம் பொண்ணுக்கும் அதான் சொல்லி வெச்சிருக்கேன்.”

“மூக்கு அப்படித்தான் இருக்குது தரணி. அதில் பொய்யில்லை. அதனாலதான் பேர் வந்துச்சுன்னு சொன்னதுதான் என் தப்பு.”

“அப்ப நிஜ காரணம் இன்னா?”

“தெரியலை.”

“தெரியலன்னு செவுத்துல எழுதினா சிரிக்க மாட்டாங்களா?”

அவன் காசு, அவன் உழைப்பு, அவன் ஊர். நான் ஒரு நாள் பஸ் ஏறி வந்தவள். பெயிண்டர்தான் பேசினார்: “அண்ணே, சொல்றத சீக்கிரம் சொல்லுங்க. காஞ்சிட்டா சுரண்டணும்.”

தரணேந்திரன் கீழே கிடந்த துணியை மண்ணெண்ணெயில் நனைத்தான். “தொன்றுதொட்டு” என்ற சொல்லை அவனே துடைத்தான். பிறகு அந்த வாக்கியம் முழுவதையும். அந்த இடத்தில் இப்போது இருப்பது இது: “தட்டைவாயனுக்கு ஆண்டி வாத்து என்றும் ஒரு பெயர் உண்டு. அந்தப் பெயர் ஏன் வந்தது என்று எங்களுக்குத் தெரியவில்லை. தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.” துடைத்த இடம் லேசாகக் கலங்கித் தெரியும். படம் எடுத்தால் அதையும் சேர்த்து எடுங்கள்.

போக நினைப்பவர்களுக்கு: நவம்பர் கடைசியிலிருந்து மார்ச் தொடக்கம் வரை நல்ல காலம். காலை ஏழிலிருந்து ஒன்பதரைக்குள் பார்த்துவிடுங்கள், பிறகு வெயில் கண்ணில் அடிக்கும். கரையில் கழிப்பறை கிடையாது, செஞ்சி பேருந்து நிலையத்திலேயே முடித்துக்கொள்ளுங்கள். தண்ணீர் கொண்டு போங்கள். வரப்பில் நடந்தால் கொல்லைக்காரர்களிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு நடங்கள். யாரிடமாவது பறவையின் பெயர் கேட்டால், உங்களுக்குத் தெரிந்த பெயரை முதலில் சொல்லிவிடாதீர்கள்.

திங்கட்கிழமை மதியம் தரணேந்திரன் போன் செய்தான். திறப்பு நன்றாக நடந்ததாம். யாரும் சிரிக்கவில்லையாம். கடைசி வரியை ஒருவர் சத்தமாகப் படித்ததும், கூட்டத்தின் பின்னாலிருந்து முனுசாமி முன்னே வந்தாராம். “இன்னா தெரியல? எனக்குத் தெரியும். ரெட்டைக் கொடை டீச்சரே நேர்ல வந்து சொல்லிட்டுப் போயிருக்குது” என்று ஆரம்பித்தாராம்.

நீங்கள் போகும்போதும் அவர் அங்கே இருப்பார். திருவோட்டைப் பற்றிச் சொல்வார், அழகாகவே சொல்வார். கேளுங்கள். கேட்டுவிட்டு, அந்த டீச்சருக்கு உண்மையிலேயே தெரியாதாம் என்று எனக்காக ஒருமுறை அவரிடம் சொல்லிவிட்டு வாருங்கள்.