அம்மா உட்காருகிற பக்கம்

பஸ்ஸில் பக்கத்தில் இருப்பவர், வங்கி வரிசையில் முன்னால் நிற்பவர், கல்யாண வீட்டுப் பந்தியில் எதிரே சாப்பிடுபவர், யாராக இருந்தாலும் சரி. நான் சம்பளத்துக்குக் கால்பந்து விளையாடுகிறவள் என்று தெரிந்ததும் கேட்பது ஒரே கேள்விதான்: எத்தனை கோல் போட்டிருக்கிறாய்? ஒன்றும் இல்லை என்பேன். நான் பின்வரிசை. கோல் போட வருகிறவளை விடாமல் தடுப்பதுதான் என் தொழில். உடனே அவர்கள் முகத்தில் ஒரு இரக்கம் வரும் பாருங்கள், எனக்கு ஏதோ தீராத வியாதி என்று சொல்லிவிட்டதுபோல. எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஆனாலும் அவர்களைக் குறை சொல்லி என்ன? அந்தக் கேள்வியை முதன்முதலில் கேட்டது என்னைப் பெற்றவள்தான். சரியான பதில் கிடைக்காவிட்டால் உன்னை எங்கேயும் அனுப்புவதில்லை என்று ஒற்றைக் காலில் நின்று கேட்டாள்.

எங்கள் தோட்டம் யட்டியாந்தோட்டைக்கு மேலே இருக்கிறது. கீழே றப்பர், மேலே தேயிலை, நடுவில் நாங்கள் வரிசை வரிசையாகக் குடியிருக்கும் லயங்கள். லயத்துக்குப் பக்கத்தில் மைதானம் என்று ஒன்றை யாரோ வெட்டிவிட்டுப் போயிருந்தார்கள். ஒரு பக்கத்துக் கோல் கம்பத்துக்குப் பின்னால் மண்திட்டு. பந்து அதில் முட்டி மரியாதையாகத் திரும்பி வந்துவிடும். மற்றப் பக்கம் நேரே சரிவு. அங்கே கோல் விழுந்தால் பந்து தேயிலைக்குள் உருண்டு, தண்ணீர் ஓடும் கானில் விழுந்து, கடைசியில் ஓடையில் போய் நிற்கும். அந்தப் பக்கம் பின்னால் நிற்கிறவள்தான் போய் எடுத்து வர வேண்டும் என்பது எங்கள் சட்டம். மழைக்காலத்தில் போய்வந்தால் காலெல்லாம் அட்டை தொங்கும். சின்ன வயதிலிருந்தே என்னைத்தான் அங்கே நிறுத்தினார்கள். நானோ மகா சோம்பேறி. இறங்கி ஏறி அட்டைக்கடி வாங்குவதைவிட, பந்தைத் தாண்ட விடாமல் பார்த்துக்கொள்வது எனக்குச் சுலபமாகப் பட்டது. எவள் எந்தக் காலால் அடிப்பாள், அடிக்குமுன் எந்தத் தோள் சாயும் என்பதையெல்லாம் நான் கற்றுக்கொண்டது அட்டைக்குப் பயந்துதான். இப்போது பயிற்சியாளர்கள் அதற்கு இங்கிலீஷில் பெரிய பெரிய பெயர்கள் சொல்கிறார்கள். நானும் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டிக் கேட்டுக்கொள்கிறேன்.

பள்ளிக்கூட அணி, அப்புறம் கேகாலை மாவட்ட அணி என்று ஏறிப் போனேன். பரீட்சை எழுதிவிட்டு வீட்டில் சும்மா இருந்த நாட்களில், கொழும்பில் ஒரு பெண்கள் அணியின் பயிற்சியாளர் எங்கள் லயத்தைத் தேடிக்கொண்டு வந்தார். சிங்களப் பெண்மணி. அத்தனை படி ஏறியும் அவருக்கு மூச்சு வாங்கவில்லை, அதிலேயே லயத்து ஆட்களுக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. மாதச் சம்பளம், தங்க இடம், சாப்பாடு எல்லாம் தருகிறோம், பிள்ளையை அனுப்புங்கள் என்றார். அப்பா கொழும்பில் ஒரு கடையில் வேலை செய்தார். மாதம் ஒருமுறை வீட்டுக்கு வந்து, அம்மா ஏற்கெனவே முடிவு செய்ததற்குத் தலையாட்டிவிட்டுப் போவார். ஆக, எல்லாம் அம்மா கையில்தான் இருந்தது.

பொம்பளைப் பிள்ளை காற்சட்டை போட்டுக்கொண்டு ஓடுவதா என்று அம்மா ஆடியிருப்பாள் என்றுதானே நினைக்கிறீர்கள்? ஓடியிருந்தால் அவள் சந்தோஷப்பட்டிருப்பாள். நான் ஓடாமல் நின்றதுதான் அவளுக்குப் பிரச்சினை.

அம்மா எங்கள் டிவிசனில் கொழுந்து எடுப்பதில் பேர்போனவள். கொழுந்து நிறுக்கும் மடுவத்துத் தராசில் அவள் மூட்டை ஏறும்போது பக்கத்தில் தங்கள் மூட்டையை வைக்க மற்றப் பெண்களுக்குக் கூச்சமாக இருக்கும். ஒரு நாளைக்கு இவ்வளவு கிலோ எடுத்தாக வேண்டும் என்று தோட்டத்தில் ஒரு அளவு உண்டு, அதற்கு நோம் என்று பெயர். நோம் குறைந்தால் அரைப்பேர், அதாவது பாதி நாள் வேலை செய்ததாகத்தான் பதிவார்கள். அம்மாவுக்கு அரைப்பேர் விழுந்ததாகச் சரித்திரமே இல்லை. அப்பேர்ப்பட்டவள் ஒரு தடவை பள்ளிக்கூட மைதானத்துக்கு வந்து என் விளையாட்டைப் பார்த்துத் தொலைத்திருந்தாள்.

அம்மாவின் சிங்களம் யட்டியாந்தோட்டைக் கடைத்தெருவில் பேரம் பேசிப் பழகியது. பயிற்சியாளரின் சிங்களத்தைவிட அது வேகமாக ஓடும். அன்று அவள் சொன்னதன் சாரம் இதுதான்.

“மிஸ், நா சொல்றேன்னு கோவிச்சிக்காதீங்க. இவளக் கூட்டிட்டுப் போனா ஏமாந்து போவீங்க. மத்தப் புள்ளைக அங்கிட்டும் இங்கிட்டும் உசிரக் குடுத்து ஓடுதுக. இவ ஒப்புக்குச் சப்பாணியா பின்னுக்கு நிக்கிறா. ஒரு கோலு போடல. இப்படி நின்னா ஒரு மாசத்துல நீங்களே தொரத்திருவீங்க. அப்புறம் தோட்டத்துல நா எப்படித் தல நிமிந்து நடக்கிறது?”

பயிற்சியாளர் சிரித்தார். “அம்மே, கோல் போடுறது அவ வேல இல்ல.”

“அப்ப இவளுக்கு நோம் எவ்வளவு?”

நோம் என்றால் என்னவென்று பயிற்சியாளருக்கு விளக்கம் சொல்ல வேண்டியதாயிற்று. விளங்கியதும் யோசித்துப் பதில் சொன்னார். “இவ நோம் பூச்சியம். இவ நிக்கிற பக்கம் ஒண்ணும் விழக் கூடாது. அவ்வளவுதான்.”

“நோம் பூச்சியமா? அப்படி ஒரு வேல ஒலகத்துல இருக்கா? இருந்தா எனக்கும் ஒண்ணு பாத்துக் குடுங்க மிஸ். நாளைக்கே வந்துடுறேன்.”

வாசலில் நின்று ஒட்டுக்கேட்டுக்கொண்டிருந்த, லயத்தில் எங்கள் அறையை ஒட்டியிருக்கும் பக்கத்துக் காம்பரா அக்கா வாய்விட்டுச் சிரித்தாள். இஞ்சி போட்ட பிளேன்டீயைக் குடித்துக்கொண்டே பயிற்சியாளரும் சிரித்தார். எனக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. கடைசியில் ஒரு பேச்சுக்கு வந்தார்கள். அடுத்த ஞாயிறு கேகாலையில் எங்களுக்கும் இரத்தினபுரி மாவட்டத்துக்கும் மேட்ச். பயிற்சியாளரும் அங்கே என்னை இன்னொரு தடவை பார்க்க வருவார்.

“நானும் வாறேன்” என்றாள் அம்மா. “புள்ள வேல செய்றாளான்னு பாக்கிறேன். வேல செஞ்சா கூட்டிட்டுப் போங்க. நின்னான்னா, திங்கக்கெழம காலையில பெரட்டுக்கு என்னோட வருவா.”

பெரட்டு என்பது விடியற்காலையில் வேலைக்காரர்களை நிறுத்திப் பேர் கூப்பிடும் இடம். கொழுந்து எடுப்பதைக் கேவலமாக நான் ஒருநாளும் நினைத்ததில்லை. எனக்கு அது வராது, அவ்வளவுதான். அம்மா பெற்ற பிள்ளை அரைப்பேர் வாங்குவதைத் தோட்டமே கூடி நின்று வேடிக்கை பார்க்கும். அதையும்விட, எனக்குப் பந்து வேண்டும். வேறு எதுவும் எனக்கு அவ்வளவு வேண்டியிருக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. அம்மா நல்ல சேலையில், பக்கத்துக் காம்பரா அக்காவையும் இழுத்துக்கொண்டு வந்து கோட்டோரமாக உட்கார்ந்தாள். நான் ஒரு முடிவோடு இறங்கினேன். ஓடுவது. அவிழ்த்துவிட்ட மாடுபோல ஓடினேன். பந்து இருந்த இடத்துக்கெல்லாம் ஓடினேன், பந்து இல்லாத இடத்துக்கும் ஓடினேன். எங்கள் அணிக்காரி ஒருத்தியிடமிருந்தே பந்தைப் பறித்துக்கொண்டு போனேன். அம்மா எழுந்து நின்று கைதட்டினாள். எதிரணியின் முன்வரிசையில் எம்பிலிப்பிட்டியவிலிருந்து வந்த நெட்டைப் பெண் ஒருத்தி இருந்தாள். நான் விட்டுவிட்டுப் போன இடத்தைப் பார்த்தாள், அதற்குள் புகுந்தாள், கோல் போட்டாள். திரும்பி வரும்போது என்னைப் பார்த்து லேசாகச் சிரித்துவிட்டு வேறு போனாள்.

இடைவேளையில் அம்மா தோடம்பழத்தை உரித்துக்கொண்டே ஓடி வந்தாள். “இன்னிக்குத்தான்டி நீ என் வயித்துல பொறந்தவ! அந்தா பாரு, ஒடம்பெல்லாம் வேர்வ!” யார் கோல் போட்டது, யார் வாங்கியது என்பதெல்லாம் அவள் கணக்கில் வரவே இல்லை. அவள் அந்தப் பக்கம் போனதும் பயிற்சியாளர் வந்தார். சத்தம் போடவில்லை. தங்கையைக் கூப்பிடுவதுபோல, “நங்கி, நா ஒரு பின்வரிசைக்காரியப் பாக்கத்தான் இவ்வளவு தூரம் வந்தேன். அவ இன்னிக்கு வரலையா?” என்று கேட்டுவிட்டுப் போய்விட்டார்.

வாயில் தோடம்பழச் சுளையோடு யோசித்தேன். ஓடினால் அம்மா அனுப்பிவைப்பாள், ஆனால் கூட்டிக்கொண்டு போக ஆள் இருக்காது. நின்றால் ஆள் இருக்கும், அம்மா விடமாட்டாள். எந்தப் பக்கம் போனாலும் திங்கட்கிழமை பெரட்டுத்தான். நான் ஏதோ நீதி நியாயத்தை எண்ணி முடிவெடுத்ததாகச் சொன்னால் அது பொய். அந்த நெட்டைச்சியின் சிரிப்பு என் மனதில் குத்திக்கொண்டிருந்தது. பெரட்டுக்குப் போவதென்றால் போகிறேன், ஆனால் இவள் இன்னொரு தடவை சிரித்துவிட்டுப் போகக் கூடாது.

இரண்டாம் பாதியில் என் இடத்தில் நின்றேன். அவள் எங்கே வந்தாலும் அவளுக்கு முன்னால் நான் இருந்தேன். அவள் வலது தோள் சாய்ந்தால் நான் ஏற்கெனவே அங்கே இருந்தேன். அம்மாவுக்கு ஆத்திரம் தாங்கவில்லை. மலைக்கு மலை கூப்பிட்டுப் பழகிய குரல் அது. “ஏய்! ஏன்டி நிக்கிற? கால்ல என்ன வேரா விட்டிருக்கு? ஓடுடி!” நடுவரே ஒரு தடவை திரும்பிப் பார்த்தார். இரண்டாம் பாதியில் பக்கம் மாறிவிட்டதால் நான் மைதானத்தின் அந்தக் கோடியில் இருந்தேன். அங்கிருந்து கத்துவது எனக்குக் கேட்கவில்லை என்று நினைத்து, அம்மா சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு கோட்டோரமாகவே நடந்து என் பக்கத்துக்கு வந்துவிட்டாள். அங்கே கூட்டமாக உட்கார்ந்திருந்தவர்கள் இரத்தினபுரி ஆட்கள். தங்கள் பிள்ளைகள் கோல் போடுவதைக் கிட்டத்தில் பார்க்க வந்தவர்கள். அம்மா போய் நின்றது அந்த நெட்டைச்சியின் அம்மாவுக்குப் பக்கத்தில்.

அங்கே என்ன நடந்தது என்பதை அம்மாவின் வால்போலவே போயிருந்த பக்கத்துக் காம்பரா அக்கா அப்புறம் எனக்கு நடித்தே காட்டினாள். நெட்டைச்சியின் அம்மா சிங்களத்தில் யாரையோ கரித்துக் கொட்டிக்கொண்டிருந்தாராம். “அந்தச் சனியன் ஒழியாதா! எங்க திரும்பினாலும் முன்னுக்கு வந்து நிக்குது. எம்புள்ளைய ஒரு அடி அடிக்க விடுதில்லையே. எந்தக் காட்டுலருந்து புடிச்சிட்டு வந்தாங்களோ!”

அம்மா அவரிடம் கேட்டாளாம். “யார ஏசுறீங்க?”

“அந்தா நிக்கிறாளே, அவளத்தான். வேற யார?”

எனக்கு இதெல்லாம் தெரியாது. திடீரென்று அம்மாவின் சத்தம் நின்றுபோனது மட்டும் தெரிந்தது. அவள் கத்தியபோதுகூட நான் அவ்வளவு பயப்படவில்லை. கோபித்துக்கொண்டு பஸ் எடுக்கப் போய்விட்டாள் என்றே நினைத்தேன். கண்ணில் தண்ணீர் முட்டியது. முட்டினாலும் அந்த நெட்டைச்சியை விடவில்லை. முதல் பாதியில் வாங்கிய அந்த ஒரு கோலால் நாங்கள் தோற்றோம்.

விசில் அடித்ததும் பார்த்தால் அம்மா மைதானத்தைக் குறுக்கே கடந்து பயிற்சியாளரை நோக்கிப் போய்க்கொண்டிருந்தாள். நானும் பின்னாலேயே ஓடினேன்.

“மிஸ், இப்பத்தான் வெளங்குது” என்றாள் அம்மா. “இவ வேல அடுத்தவ கிலோவக் கொறைக்கிறது.”

“அதேதான் அம்மே.”

“தோட்டத்துல அப்படிச் செஞ்சா முடியப் புடிச்சி அடிப்பாளுக. நீங்க சம்பளம் குடுக்கிறீங்க. சரி, கூட்டிட்டுப் போங்க. ஆனா ஒண்ணு, மொதப் பாதியில கண்டபடி ஓடினா பாருங்க, அதுக்கு நல்லா ஏசுங்க.”

அவளுக்காகத்தான் ஓடினேன் என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவிடாமல் அழுகை வந்துவிட்டது. நடு மைதானத்தில், எல்லாரும் பார்க்க, அம்மாவின் நல்ல சேலையில் மூக்கைத் துடைத்துக்கொண்டு அழுதேன்.

கொழும்புக்கு வந்து பல வருடங்கள் ஆகிவிட்டன. விடுமுறை கிடைத்தால் அம்மா என் மேட்ச் பார்க்க வருவாள். ஆனால் எங்கள் பக்கத்தில் உட்காரவே மாட்டாள். நேரே எதிரணி ஆட்களுக்கு நடுவில் போய், அவர்களுடைய பிள்ளைக்கு வேண்டியவள்போல உட்கார்ந்துகொள்வாள். ஏன் இப்படி மானத்தை வாங்குகிறீர்கள் என்று ஒருமுறை கேட்டேன்.

“ஒங்க பக்கத்துல கோல் போட்டவ பேரத்தான் சொல்றாங்க. ஒன் பேச்சே இல்ல. அங்கிட்டுப் போனா முழுக்க ஒன் பேச்சுத்தான்” என்றாள். கேட்ட வசவுகளை ஒன்றுவிடாமல் லயத்துக்குக் கொண்டுபோய், சிங்களத்தில் ஒரு தடவையும் தமிழில் ஒரு தடவையும் சொல்லிக் காட்டுவாளாம். பிசாசு, சுவர், சனியன், எல்லாம் என் பட்டங்கள்.

போன மாதம் முழங்கால் வலி ஆறி, நீண்ட இடைவெளிக்குப் பிறகு இறங்கினேன். எதிரணியில் ஒரு சின்னப் பெண், காற்று மாதிரி வேகம். என்னைத் தாண்டித் தாண்டிப் போனாள். கடைசியில் என்னை வெளியே எடுத்துவிட்டார்கள். அம்மா மைதானத்துக் கேட்டடியில் சோற்றுப் பார்சலோடு நின்றாள். என் முகத்தைப் பார்க்கவில்லை.

“இன்னிக்கு அங்க ஒருத்தரும் ஒன்ன ஏசல” என்றாள். பார்சலின் நூலை இழுத்து முடிந்துகொண்டே, “அந்தச் சின்னப் புள்ளையோட அம்மா, ஒன்னப் பாத்து, பாவம்னு சொன்னா” என்றாள்.

“பாவமா? என்னையா? எவ அவ?”

“கத்தாத. அடுத்த மாசம் திரும்பவும் அவங்களோடதானே மேட்சு?” பார்சலை என் கையில் திணித்தாள். “நா அவ பக்கத்துலயே உக்காருறேன்.”