கூப்பிட்டால்தான் எழுந்திருப்பார்

இந்த நேரத்தில் எழுத உட்கார்ந்ததற்கு மன்னிக்க வேண்டும். பையன் இப்போதுதான் கண் அசந்திருக்கிறான். விளக்கைத் தணித்து வைத்திருப்பதால் எழுத்து கோணலாக இருக்கும். குருவையா மாமாவோடு மேடையிலும் படத்திலும் நடித்த நீங்கள் சென்னையில் கூடி அவரை நினைக்கப் போவதாகவும், ஊர்க்காரி என்ற முறையில் நான் நாலு வார்த்தை எழுதி அனுப்ப வேண்டும் என்றும் கேட்டிருந்தீர்கள். எழுதுகிறேன். எனக்கும் உங்களிடம் கேட்க ஒன்று இருக்கிறது.

அவர் போன செய்தி மலைக்கு ஜீப்பில் வந்தது. என் கணவர் இங்கே ஏலத்தோட்டத்து ஆபீசில் எழுத்தர். போடியிலிருந்து அரிசி ஏற்றி வரும் ஜீப்பு டிரைவர் மூட்டையை இறக்கிவிட்டு, வாசலில் செருகியிருந்த வேப்பிலையைப் பார்த்து விலகியே நின்றார். "அக்கா, மாமா போயிட்டாக. நேத்தே எடுத்துட்டாக" என்றார். பையனுக்குத் தட்டம்மை. அவனை மடியில் வைத்துக்கொண்டு அழக்கூடப் பயந்து உட்கார்ந்திருந்தேன்.

அவரை உங்களுக்குக் 'கிழவேஷம்' குருவையாவாகத் தெரியும். மீசை அரும்பிய வயதிலேயே கதாநாயகியின் அப்பாவாக நடிக்க வந்தவர். போடியில் எங்கள் அப்பாவின் ஏலக்காய் மூட்டை அடுக்கும் கிட்டங்கியில்தான் அவர்கள் நாடகக் கம்பெனி ஒத்திகை பார்க்கும். ஒத்திகை இல்லாத நாளிலும் மாமா வந்துவிடுவார். காய் வாங்க வரும் வயசாளிகளைப் பார்த்துக்கொண்டே இருப்பார். ஒருவர் காயை நகத்தால் கீறி மோந்து பார்த்துவிட்டு, விலை படியாமல் அதைத் திரும்பக் குவியலில் போடும்போது கை எப்படித் தயங்குகிறது என்று பார்ப்பார். அந்தக் கையைத்தான் பிறகு மேடையில், மகளைக் கட்டிக்கொடுத்து அனுப்பும் தகப்பனுக்கு வைத்தார். நிஜமாகவே தலை நரைத்த பிறகு ஒரு படக் கம்பெனியில் "கிழவருக்குப் பொருத்தமாக இல்லை" என்று திருப்பி அனுப்பினார்களாம். "இம்புட்டு நாளும் நான் நடிச்சதப் பாத்துட்டு, நெசக் கெழவனப் பிடிக்கலையாம் பாப்பா" என்று சொல்லிச் சிரித்தார்.

கதையில் கிழவர் என்றால் பெரும்பாலும் கடைசியில் சாக வேண்டும். எத்தனையோ மேடையில் செத்தார். அதில் அவருக்கு ஒரு வழக்கம் உண்டு, உங்களில் பழையவர்களுக்குத் தெரிந்திருக்கும். திரை விழுந்த பிறகும் எழுந்திருக்க மாட்டார். யாராவது பேர் சொல்லிக் கூப்பிட வேண்டும். ஒரு நாள் கம்பெனி முழுக்க மறந்துபோய்ப் பந்திக்குப் போய்விட்டது. இலையில் உட்கார்ந்த பிறகுதான் ஆளைக் காணோமே என்று தேடினார்கள். சிறு பெண்ணான நான் ஓடிப்போய்ப் பார்த்தேன். மேடையில் விபூதிப் பட்டையோடு அப்படியே கிடந்தார். "குருவையா மாமா, எந்திரிங்க, சோறு ஆறுது" என்றேன். கண்ணைத் திறந்தார்.

"செத்தவன் தானா எந்திரிச்சா, அவன் யாருக்கும் வேணாம்னு ஆயிரும் ஆத்தா. வேணும்னு ஒரு ஆளு கூப்பிடணும்."

அன்றிலிருந்து போடியில் அவர் செத்தால் எழுப்புவது என் வேலை. மதுரைக்குக் கல்லூரிக்குப் போகும்வரை செய்தேன்.

படத்தில் அவர் முதன்முதலாகச் செத்தபோது தேவாரத்தில் டூரிங் கொட்டகைக்குப் போனோம். தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு மாமாவும் மணலில் எங்களோடு உட்கார்ந்திருந்தார். படத்தில் அவர் கண்ணை மூடியதும் பின்னாலிருந்து ஒரு குரல், "எந்திரிங்கண்ணே" என்றது. அடுத்து இன்னொன்று. பெண்கள் பக்கமும் சேர்ந்துகொண்டது. கொட்டகையே குருவையா குருவையா என்று கூப்பிட, படத்தில் அவரைத் தூக்கிக்கொண்டு போனார்கள். மாமா துண்டுக்குள் சிரித்தாரா அழுதாரா தெரியவில்லை. "சுருளு ஓடிருச்சேடா, இனி எங்கிட்டு எந்திரிக்க" என்று முணுமுணுத்தார். போடிப் பக்கம் அவர் படம் எது வந்தாலும் அதற்குப் பிறகு அப்படித்தான்.

சென்னையில் யார் எழுப்புகிறார்கள் என்று ஒரு முறை கேட்டேன். "அங்க யாரு இருக்கா? லைட்ட அணைச்சதும் கெளம்பிருவாக. பாயச் சுருட்ட வர்ற பய, பெரியவரே எந்திரிங்கம்பான். அதையே கூப்பிட்டதா வச்சுக்கிருவேன்" என்றார். அதைச் சொல்லும்போது அவர் முகத்தைப் பார்க்காமல் நான் பையனுக்குச் சட்டை மாட்டிக்கொண்டிருந்தேன்.

கடைசியாக அவர் நடித்ததும் சாவுக் காட்சிதான். அதை முடித்துவிட்டு ரயிலேறி வந்தவர், வீட்டுப் படியேறும்போதே காய்ச்சலோடு இருந்தார். பிறகு நினைவு தப்பியது. அவர் மனைவி பேச்சியம்மாள் அத்தை அதே டிரைவரிடம் எனக்குச் சொல்லி அனுப்பினாள். "பாப்பாவ வெரசா வரச்சொல்லு, அவ கூப்பிட்டா எந்திரிப்பாக" என்று.

நான் போகவில்லை. அம்மை கண்ட வீட்டிலிருந்து, பிள்ளைக்குத் தலைக்குத் தண்ணீர் ஊற்றாமல், இன்னொரு நோயாளி வீட்டுப் படி ஏறக்கூடாது. பிள்ளையை விட்டுவிட்டும் இறங்க முடியாது. டிரைவரிடம் சொல்லியனுப்பிய காரணம் அது. பொய்யில்லை. ஆனால் அதைச் சொன்னபோது எனக்குள் ஒரு நிம்மதி இருந்தது. பி.ஏ. படித்தவள், ஊரார் கூடி நிற்க, நினைவில்லாத மனிதரின் காதருகே குனிந்து "எந்திரிங்க மாமா" என்று கத்த வேண்டாமே என்ற நிம்மதி. கூப்பிட்டிருந்தால் எழுந்திருப்பார் என்று இப்போதும் நான் நம்பவில்லை. கூப்பிட்டிருக்க வேண்டும் என்பது மட்டும் தெரிகிறது.

பையனுக்குத் தண்ணீர் ஊற்றிய மறுநாள் போடிக்கு இறங்கினேன். அத்தை சுவரோரம் சாய்ந்திருந்தாள். நான் வராததைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. பிள்ளையின் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். அப்புறம் வேறொன்று கேட்டாள்.

"மெட்ராசுல கடேசியாச் செத்துக் கெடந்தாகளே, அங்க யாராச்சும் கூப்பிட்டாகளா ஆத்தா? கூப்பிடாமத்தான் இப்பிடி ஆயிருச்சோ?"

"கூப்பிட்டாங்க அத்தை" என்றேன்.

"யாரு?"

"கூட நடிச்ச ஒருத்தர். எனக்கு ஆள் சொல்லித் தெரியும்."

யாரும் எனக்குச் சொல்லவில்லை. ஆனால் அத்தை அதைக் கேட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, பக்கத்து வீட்டுக்காரி கொண்டுவந்து வைத்திருந்த கஞ்சியைக் குடித்தாள். மாமா போனதிலிருந்து அவள் வாயில் எதுவும் படவில்லை என்று அங்கிருந்தவர்கள் சொன்னார்கள். வீடு திரும்பும் வழியெல்லாம் அது ஒன்றைச் சொல்லிச் சொல்லி என்னைத் தேற்றிக்கொண்டேன்.

இப்போது வினை முற்றிவிட்டது. துக்கம் கேட்க வருபவர்களிடமெல்லாம் அத்தை அதைச் சொல்கிறாளாம். கூப்பிட்ட அந்தப் புண்ணியவானைக் கருமாதிக்கு வரவழைத்து, தன் கையால் வேட்டி துண்டு கொடுக்க வேண்டுமாம். வேட்டியும் எடுத்தாகிவிட்டது. "ஆளு பேரக் கேட்டுச் சொல்லு" என்று ஜீப்பு வரும்போதெல்லாம் செய்தி வருகிறது. டிரைவரைப் பார்த்தாலே பையனைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விடுகிறேன்.

மாமாவிடமிருந்து எனக்கென்று தங்கியது ஒன்றுதான். தூங்கும் பிள்ளையை நான் சும்மா தூக்குவதில்லை. பேர் சொல்லிக் கூப்பிட்டு, அவன் கண் திறந்த பிறகே தூக்குகிறேன். காய்ச்சல் கண்ட நாட்களில் அவன் கண் திறப்பதற்குள் எனக்கு உயிர் போய் உயிர் வரும். அத்தை எதற்காக என்னை வரச் சொன்னாள் என்று அப்போதெல்லாம் புரிகிறது.

ஆகவே உங்களைக் கேட்கிறேன். அன்று அந்தப் படப்பிடிப்பில் இருந்தவர்கள் உங்களில் சிலராவது இருப்பீர்கள். காட்சி முடிந்ததும் அவரை யாராவது கூப்பிட்டீர்களா? பாய் சுருட்ட வந்தவராக இருந்தாலும் சரி, அவர் பேர் வேண்டும். அந்த வேட்டி அவருக்குத்தான். யாரும் கூப்பிடவில்லையென்றால் அதையே எழுதுங்கள், எனக்காக ஒருவரைச் சொல்லிவிட வேண்டாம். அத்தையின் காலடியில் உட்கார்ந்து நானே சொல்லிக்கொள்கிறேன். அந்தக் கடைசிப் படம் போடிக்கு வரும், அப்போது அவளையும் கூட்டிக்கொண்டு போய், கொட்டகையில் முதல் குரலாக நான் கூப்பிடுவேன்.

கருமாதி நெருங்குகிறது. தயவுசெய்து சீக்கிரம் பதில் எழுதுங்கள்.