செத்தவீட்டு வீடியோவுக்கு இடம்

அம்மா செத்து ஒரு வருஷம் முடிகிற ஆட்டைத் திவசத்துக்கு மூன்று கிழமை இருக்கையில் பிரான்சிலிருந்து அக்கா போன் எடுத்தார். சுகம் விசாரிக்கவில்லை. “இப்ப அனுப்பு, நான் பாக்கப்போறன்” என்றார். எதை என்று நான் கேட்கவில்லை. அம்மாவின் செத்தவீட்டு வீடியோவைத்தான் கேட்கிறார் என்று எனக்குத் தெரியும்.

அக்காவுக்கு அங்கே இன்னும் விசா சரிவரவில்லை. நாட்டை விட்டு வெளிக்கிட்டால் திரும்ப உள்ளே போக முடியாது. அதனால் என் கலியாணத்துக்கு வரவில்லை. அம்மா படுக்கையில் கிடந்தபோதும் வரவில்லை. செத்தவீட்டன்று போனில் நேரடியாகக் காட்டினோம். எங்கள் ஊர் சரவணையில், வளவுக்குள் சிக்னல் வருவது அதிசயம், அன்றைக்கா வரப்போகிறது? கிரியை தொடங்கவே படம் நின்றுவிட்டது. அக்காவின் அழுகை கொஞ்ச நேரம் கேட்டது. பிறகு அதுவும் இல்லை.

ஸ்டூடியோக்காரர் எடுத்துத் தந்த வீடியோவை அனுப்பட்டா என்று அந்தக் கிழமையே கேட்டேன். “வேண்டாம், எனக்குத் தெம்பில்லை” என்றுவிட்டார். இப்போது பதினொரு மாதம் கழித்துத்தான் தெம்பு வந்திருந்தது. அது எந்த நேரமும் போய்விடலாம். திவசத்துக்கு முன்னர் அந்த வீடியோ அக்காவின் கையில் இருக்கவேண்டும் என்று முடிவுகட்டினேன். நான் ஒன்றை முடிவுகட்டினால் கட்டினதுதான். என் மனுசன் இதற்குப் பிடிவாதம் என்று பெயர் வைத்திருக்கிறார். வைத்துவிட்டுப் போகட்டும்.

எங்கள் பகுதியில் வீடியோ எடுப்பதே வெளிநாட்டில் இருக்கிறவர்களுக்காகத்தான். கலியாணம், பெண் பிள்ளையின் சாமத்தியவீடு, புது வீட்டுக் குடிபூரல், செத்தவீடு எல்லாம் அவர்களுக்குத்தான் ஓடும். இங்கே இருக்கிற நாங்கள் ஒருமுறை முழுக்கப் பார்த்தால் பெரிய காரியம். ஆனால் செத்தவீட்டு வீடியோவில் மட்டும் ஒருவரும் கை வைக்க மாட்டார்கள். மற்றவை தொலைந்தால் “அட, போனால் போகட்டும்” என்பார்கள். அதை அழித்தால் ஆளை இரண்டாம் தரம் எரித்த மாதிரி. நானும் அப்படித்தான் வளர்ந்தவள்.

வீடியோ எங்கள் வீட்டுப் பழைய கணினியில் இருந்தது. ஸ்டூடியோக்காரர் தந்தபடியே அனுப்பினால் எங்கள் இன்டர்நெட்டில் அடுத்த வருஷத் திவசத்துக்குத்தான் போய்ச் சேரும். ஆகவே அதைச் சின்னதாக்க வேண்டும். அதற்கான புரோகிராம் எல்லாம் தேடி எடுத்துப் போட்டேன். பொத்தானை அழுத்தியதும், டிஸ்கில் இடமில்லை என்று ஒரு செய்தி வந்து நின்றது.

“இஞ்சருங்கோ, இதுக்கை இடமில்லையாம்” என்றேன் மனுசனுக்கு.

அவர் ஓர் அலுவலகத்தில் எழுதுவினைஞர். சத்தம் போடாத மனிதர். “யாழ்ப்பாணம் போகேக்கை புதுசா ஒரு ஹார்ட் டிஸ்க் வேண்டிக்கொண்டு வாறன்” என்றார்.

“வீட்டைக் கூட்டாமல் குப்பைக்குப் பயந்து வேறை வீடு கட்டுறதோ? ஒண்டும் வேண்ட வேண்டாம். நான் இடம் எடுத்துக் காட்டுறன்.”

“நீர் எடுப்பீர். அதிலை எனக்குச் சந்தேகமே இல்லை” என்று சிரித்துக்கொண்டு தேத்தண்ணியை எடுத்துக்கொண்டு போனார். அந்தச் சிரிப்பு எனக்கு இன்னும் உருவேற்றியது.

அது சனிக்கிழமை. கதிரையை இழுத்துப் போட்டு இருந்தேன். நான் ஆரம்பப் பள்ளிக்கூட ரீச்சர். பழைய வினாத்தாள்கள், பாடக்குறிப்புகள், பள்ளிக்கூட இல்ல மெய்வல்லுநர் விளையாட்டுப் போட்டிப் படங்கள் எல்லாவற்றையும் அழித்தேன். ஒன்றும் காணாது, இடம் போதவில்லை. கோயில் திருவிழா வீடியோ போனது. குடிபூரல் போனது. இன்னும் கொஞ்சம் இடம் தேவைப்பட்டது. மிஞ்சி இருந்தவற்றில் எனக்குத் தெரிந்த பெரியவை இரண்டு. ஒன்று அம்மாவின் செத்தவீடு. மற்றது எங்கள் கலியாணம்.

மனுசன் பின்னால் வந்து நின்று எட்டிப் பார்த்தார். “எங்கடை கலியாணத்தையோ அழிக்கப்போறீர்?”

“ஏன், அதிலை என்ன கிடக்கு? உங்கடை மீசையும் என்ரை கொண்டையும்தானே. அல்பம் இருக்கு.”

“டிவிடி மூண்டும் உப்புக்காத்திலை உரிஞ்சு போச்சு. இதுதான் மிச்சம்.”

“ஆள் பக்கத்திலை நிக்கேக்கை வீடியோ என்னத்துக்கு? எனக்கு அம்மாதான் முக்கியம்.”

நான் அழித்தேன். கணினியின் குப்பைத் தொட்டியையும் வெறுமையாக்கினேன். செய்வதைத் திருந்தச் செய்ய வேண்டும் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிச் சொல்லி எனக்கும் அந்தப் பழக்கம். பார்த்தால் வேண்டிய இடம் வந்திருந்தது. சின்னதாக்கி முடிக்கப் பத்து மணித்தியாலம் எடுக்கும் என்று காட்டியது. நாளைக்குக் காலமை தொடங்குவோம் என்று எழும்பினேன். என் மனம் நிறைவாக இருந்தது. மனுசனைக் கூப்பிட்டுக் காட்டி, “எப்பிடி?” என்றும் கேட்டேன்.

ஞாயிறு காலை முகம் கழுவிவிட்டு வந்து பொத்தானை அழுத்தினேன். டிஸ்கில் இடமில்லை.

நான் போட்ட சத்தத்துக்குப் பக்கத்து வளவு அக்கா வேலிக்கு மேலால் எட்டி, “என்ன பாம்போ?” என்று கேட்டார். பாம்பாக இருந்திருந்தால் அடித்திருப்பேன். நேற்று முழுநாளும் இருந்து எடுத்த இடம், என் கலியாணத்தையே கொடுத்து எடுத்த இடம், விடிவதற்குள் எங்கே போனது? அழுகை வந்தது. அழுதால் அழுதுகொண்டே இருந்துவிடுவேன் என்று பயந்து ஒரு கொப்பியை எடுத்தேன். இந்தக் கோதாரி எதற்குள் போய் ஒளித்திருக்கிறது என்று கண்டுபிடிக்காமல் இந்தக் கதிரையை விட்டு எழும்புகிறேல்லை என்று சபதம் போட்டேன்.

ஒவ்வொரு போல்டராகத் திறந்து, அது எவ்வளவு இடம் பிடிக்கிறது என்று பார்த்துக் கொப்பியில் எழுதினேன். பெரியதற்குள் போய் அதற்குள் எது பெரியது என்று பார்த்தேன். மத்தியானம் சோறும் கதிரையிலேயே சாப்பிட்டேன். கடைசியில் மனுசன் விளையாடுகிற கேமின் போல்டருக்குள் போய் நின்றேன். அதற்குள் லொக் என்ற பெயரில், கேம் நடப்பதைத் தன்பாட்டில் குறித்து வைக்கிற வெறும் எழுத்துக் கோப்புகள் வரிசையாகக் கிடந்தன. அவற்றில் சில எங்கள் கலியாணத்தை விடப் பெரிது. ஆகப் புதியது அன்று காலை வரைக்கும் எழுதப்பட்டிருந்தது.

இதைச் சொன்னால் சிரிப்பார்கள். ஐம்பதை எட்டப்போகிற என் மனுசன் அலுவலகத்தால் வந்து குளித்துவிட்டு லொறி ஓடுகிறவர். கேமில்தான். பனி கொட்டுகிற ஐரோப்பிய ரோட்டில், சாரத்தோடு இருந்து ஓடுவார். குடியில்லை, வெற்றிலையில்லை, லொறிதானே, ஓடட்டும் என்று நானும் விட்டிருந்தேன்.

ஆகச் சின்ன லொக்கைத் திறந்தேன். அதுவே இறுகி இறுகித்தான் திறந்தது. ஒரே இங்கிலீஷ் வரி, மேலிருந்து கீழ் வரைக்கும், லட்சக்கணக்கில். முன்கதவைக் காணவில்லை. முன்கதவைக் காணவில்லை. முன்கதவைக் காணவில்லை.

“இஞ்சை வாங்கோ” என்றேன். என் குரலைக் கேட்டதும் சேர்ட்டைப் போட்டுக்கொண்டு வந்தார், வெளியே ஓடவேண்டி வந்தாலும் என்று.

“இது என்ன கதவு?”

குனிந்து திரையைப் பார்த்தார். பிறகு மெல்லச் சொன்னார். “அது எங்கடை ஊராலை போற பஸ். யாழ்ப்பாணம்–குறிகட்டுவான் பஸ். ஆரோ ஒருத்தர் செய்து இன்டர்நெட்டிலை சும்மா போட்டிருந்தவர், கேமுக்கை ஏத்தலாம். நான் இரண்டு மாசத்துக்கு முதல் ஏத்தினனான். சிவப்பு பெயின்ற், முன்னுக்குக் குறிகட்டுவான் எண்டு போர்ட்டும் இருக்கு. நல்ல வடிவு.”

“கதவு?”

“முன்கதவு மட்டும் இல்லை. பேந்து பாப்பம் எண்டு விட்டனான்.”

“கதவில்லாத பஸ்ஸை நீங்கள் பனிக்குள்ளை ஓடித் திரியிறியள். அது போற வழியெல்லாம் கதவைக் காணேல்லை எண்டு செக்கனுக்கு ஆயிரம் தரம் எழுதி வைச்சிருக்கு! நேற்று நிப்பாட்டினனீங்களோ?”

“இல்லை… குறிகட்டுவானிலை நிக்கிற மாதிரி ஒரு கரையிலை விட்டிட்டுப் படுத்திட்டன்.”

என்னையறியாமல் சிரித்துவிட்டேன். அவரும் சிரித்தார். சிரித்து முடிய எனக்கு உறைத்தது. சனிக்கிழமையே இதைத் தேடியிருந்தால் எதையும் அழித்திருக்கத் தேவையில்லை. திருவிழாவும் இருந்திருக்கும், கலியாணமும் இருந்திருக்கும். எது இடத்தைத் தின்கிறது என்று பார்க்காமல் கைக்குப் பட்டதை அழித்தது நான்தான், பஸ் இல்லை. மனுசனின் முகத்தைப் பார்த்தேன். அவரும் அதைத்தான் நினைத்தார், ஆனால் வாயைத் திறக்கவில்லை. நல்ல மனிதர்.

“போனது போகட்டும்” என்று நானே சொன்னேன். லொக் முழுவதையும் அழித்தேன். பஸ்ஸையும் கேமிலிருந்து இறக்கச் சொன்னேன், இறக்கினார். டிஸ்கில் பாதி வெறுமையானது. அன்று தொடங்கிச் சின்னதாக்கி, மூன்று நாளாக விட்டு விட்டு ஏற்றி, வியாழக்கிழமை வீடியோ அக்காவுக்குப் போய்ச் சேர்ந்தது. போய்ச் சேர்ந்ததற்கான அடையாளத்தைக் கண்டதும் சுவாமிப் படத்துக்கு முன்னால் போய் நின்றுவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை அக்காவுக்கு வேலை இல்லை. பின்னேரம் எடுத்தார். தெளிவாகக் கதைத்தார்.

“பாத்து முடிச்சிட்டன் பிள்ளை. சுடலை வரைக்கும் பாத்தன்.”

“நானே சுடலையைப் பாக்கேல்லை அக்கா, பொம்பிளையள் வாசல் படலையோடை நிண்டிட்டம்.”

“எல்லாரும் அழுகினம், ஐயர் சொல்லுறார், பறை அடிக்கினம். அம்மா மட்டும் ஒண்டும் பறையாமல் கிடக்கிறா. எவ்வளவு நேரம் பாத்தன் தெரியுமோ, ஒரு சொல்லுச் சொல்லமாட்டாவோ எண்டு. விசர்தான் எனக்கு.” மூக்கை உறிஞ்சினார். “பிள்ளை, உன்ரை கலியாண வீடியோவை அனுப்பு. அதிலை அம்மா என்னோடை கதைச்சவ.”

கணினிப் பக்கம் திரும்பிப் பார்த்தேன்.

“நீ அனுப்பின டிவிடியை அப்ப ஒரு பிள்ளையின்ரை அறையிலை போட்டு ஒரேயொரு தரம் பாத்தனான். பேந்து அறை மாறேக்கை துலைஞ்சு போச்சு. உன்னட்டை இருக்குத்தானே எண்டு இருந்திட்டன்.”

“ஓம்… பாக்கிறன் அக்கா” என்று சொல்லி வைத்தேன்.

அடுத்த நாள் பள்ளிக்கூடத்துக்கு லீவு போட்டேன். கணினிப் பெட்டியைப் பெட்சீற்றில் சுற்றி, மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் யாழ்ப்பாணம் போனேன். அழித்ததை எடுத்துத் தரலாம் என்றால் எடுத்துத் தரட்டும், எவ்வளவு கேட்டாலும் கொடுக்கிறேன் என்றுதான் போனேன். திருத்துகிற கடைத் தம்பி பின்னேரம் வரைக்கும் மினக்கெட்டுப் பார்த்தார்.

“அக்கா, அழிச்சதோடை விட்டிருந்தால் எடுத்திருக்கலாம். அழிச்ச இடத்திலேயே மேலாலை எழுதப்பட்டிருக்கு. ஏதோ லொக்.”

“கொஞ்சமும் ஏலாதோ? ஒரு நிமிசம் போதும்.”

“ஏலாதக்கா.”

வருகிற வழியெல்லாம் பொய் யோசித்தேன். டிஸ்க் பழுதாகிவிட்டது என்று சொல்லலாம். மின்னல் அடித்தது என்று சொல்லலாம். அக்கா நம்புவார், அக்கா எதையும் நம்புவார். அதனாலேயே சொல்ல மனம் வரவில்லை. பெட்டியை இறக்கி வைத்துவிட்டு உடுப்பும் மாற்றாமல் போன் எடுத்தேன்.

“அக்கா, நான் அழிச்சுப்போட்டன். செத்தவீட்டை அனுப்ப இடமெடுக்கிறதுக்கு என்ரை கையாலை அழிச்சுப்போட்டன்.”

சிக்னல் போய்விட்டதா என்று இரண்டு தரம் போனைப் பார்த்தேன்.

“சரி,” என்றார் கடைசியாக. “அவ என்ன சொன்னவ எண்டு உனக்கு ஞாபகம் இருக்கோ?”

இல்லை. அந்த வீடியோவை எத்தனை தரம் போட்டிருப்பேன், ஒவ்வொரு தரமும் நான் மணவறைக்கு வருகிற இடத்துக்கு ஓடவிட்டுத்தான் பார்த்தேன். என்னைத்தான் பார்த்தேன். அம்மா எங்கே கதைத்தார், என்ன கதைத்தார் என்று எனக்குத் தெரியவே தெரியாது. அதையும் சொன்னேன். வெட்கத்தில் அழுதேன்.

“அழாதை. எனக்கு ஞாபகம் இருக்கு. நான் சொல்லுறன், நீ எழுது. நானும் மறந்து போனால் பேந்து ஒருத்தரிட்டையும் இல்லை.”

கணினியின் வயர்களைத் திரும்பப் பூட்டி, வெறும் எழுத்துக் கோப்பு ஒன்றைத் திறந்தேன். அக்கா ஒவ்வொன்றாகச் சொன்னார். அம்மா குசினிக்குள் நின்றார். கமராக்காரர் உள்ளே வர, ‘என்னை ஏன் தம்பி எடுக்கிறீர், போய்க் கலியாணப் பொம்பிளையை எடும்’ என்று கலைத்தார். அவர் போகவில்லை. இது பிரான்சுக்கும் போகும் அம்மா என்றார். அம்மா கையைச் சீலையில் துடைத்துக்கொண்டு கமராவுக்குக் கிட்ட வந்தார்.

“அதுக்குப் பிறகு?”

“அதுக்குப் பிறகு சொன்னவ, ‘பிள்ளை, நீ வரேல்லையெண்டு எனக்குக் கோவமில்லை. நீ சாப்பிட்டனியோ?’ அவ்வளவுதான். எழுதினியோ?”

“ஓம்.”

“வாசி.”

வாசித்தேன்.

“ரீச்சர் மாதிரி வாசிக்காதை. அம்மா மாதிரி வாசி.”

மூச்சை இழுத்துக்கொண்டு திரும்ப வாசித்தேன். பிள்ளை, நீ வரேல்லையெண்டு எனக்குக் கோவமில்லை. நீ சாப்பிட்டனியோ?

“ஓம் அம்மா,” என்றார் அக்கா, “சாப்பிட்டிட்டன்.”