முன்சீட்டுக்காரர்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் ஒரு முட்டாள். அடக்கத்துக்காகச் சொல்லவில்லை. இன்னொரு முட்டாளின் கதையைச் சொல்லி ஒரு வேன் நிறைய ஆட்களைச் சிரிக்கவைத்துக்கொண்டே, அவர் விழுந்த அதே பள்ளத்துக்கு வண்டியை ஓட்டியவன்.

அமெரிக்காவில், நியூ ஜெர்சியின் ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் எங்கள் அபார்ட்மெண்டில் அப்போது பாதிப் பேருக்கு லைசென்ஸ் கிடையாது. நான் ஒரு பழைய வேன் வாங்கி, காலையில் ஏழு பேரை அவரவர் ஆபீஸில் இறக்கிவிட்டு என் வேலைக்குப் போவேன். மாதக் கட்டணம் வாங்கியதால் என்னைத் தொழிலதிபர் என்று சொல்லிக்கொண்டேன். வீட்டில் மனைவி ‘டிரைவர்’ என்றாள்.

நூலகத்தில் கழித்துக்கட்டிய புத்தகங்களில் ஒன்று கிடைத்தது. இருநூறு வருஷத்துக்கு முந்தைய இங்கிலாந்துக்காரர் ஒருவரின் வாழ்க்கை. குதிரைக் கோச்சு ஓட்டிச் சம்பாதித்ததையெல்லாம் கால்வாய் வெட்டும் கம்பெனிகளில் போட்டவர். பிறகு ரயில் வந்து கோச்சு, கால்வாய் இரண்டையும் விழுங்கிவிட்டது. தினம் ஒரு அத்தியாயமாக வேனில் சொல்வேன். போகிற வழியில் எங்களூர்ப் பழைய கால்வாய் ஒன்று வரும்.

“பாருங்கப்பா, இந்த மாதிரி ஒண்ணுலதான் மனுஷன் சொத்தைக் கொட்டினாரு. இப்ப வாத்து நீந்துது!”

அதிகம் சிரித்தவர் முன்சீட்டில் உட்காரும் கோயம்புத்தூர்க்காரர். ஊர் ஊராகப் பள்ளம் தோண்டி இன்டர்நெட் கேபிள் புதைக்கும் கம்பெனியில் அவருக்கு வேலை. அவர் பேச்சைக் கேட்டுக் கேட்டு, என் சேமிப்பையெல்லாம் அந்தக் கம்பெனிப் பங்குகளில் போட்டிருந்தேன்.

“கோச்சுக்காரர் கால்வாய்ல போட்டாரு, நீங்க கேபிள்ல போட்டிருக்கீங்க. ரயில் வந்துடாதுங்களே?” என்றார் ஒருநாள்.

“நம்ம ஜெர்சி ரயிலா? எப்பவும் லேட்டுதானே!”

வேனே சிரித்தது. ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்கும் அதே வேன்தான். அவர் மனைவி என் ஜோக் முடிவதற்கு முன்பே சிரித்துவிடுவார்.

ஒருநாள் காலையில் அவர் குரலைத் தாழ்த்தி, “ஹூஸ்டன்ல ஒரு ஆஸ்பத்திரில வேலை குடுக்கறாங்க. விசாவும் மாத்தித் தராங்க. பக்கத்துல பேர்லேண்ட்ல கோயில் பக்கமா வீடு பாக்கலாம்னு வீட்ல ஆசைப்படறாங்க. போலாங்களா?” என்றார்.

போங்க என்று சொல்லியிருக்க வேண்டும். ஆனால் அவரே விட்டு ஓடும் கம்பெனியிலா என் பணம் என்று பயந்துவிட்டேன். முன்சீட் காலியானால் என் ஜோக்குக்கு யார் சிரிப்பது என்பதும் இருந்தது, வெட்கம்தான்.

“டெக்ஸாஸ் வெயில்ல கருவாடா காஞ்சிடுவீங்க. கிரீன் கார்டு பாதி தூரம் வந்தாச்சு. இப்ப மாறினா மறுபடி முதல்லேர்ந்து ஆரம்பிக்கணும்.”

அவர் சிரித்தார். மறுநாள் ஹூஸ்டனுக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டார்.

அடுத்த வருஷம் கேபிள் கம்பெனி ஆட்களை வெளியே அனுப்பியது. அவர் பெயரும் இருந்தது. வேலை போனால் விசாவும் போச்சு. ஹூஸ்டனுக்கு அவர் போன் பண்ணியபோது, ஆள் எடுப்பதை நிறுத்திவிட்டதாகச் சொன்னார்கள். என் பங்குகளைக் கேட்காதீர்கள், வாத்து நீந்தியது.

ஏர்போர்ட்டுக்கு என் வேனில்தான் போனார்கள். பழக்கதோஷத்தில் அவர் முன்சீட்டில் ஏறினார். மனைவியும் நாலு வயசு மகளும் பின்னால், பெட்டிகளுக்கு நடுவே. கால்வாய் வந்தது.

“அங்கிள், வேர் ஆர் தி டக்ஸ்?” என்றாள் குழந்தை. அன்றைக்கென்று ஒரு வாத்துகூட இல்லை.

அவர் வெளியே பார்த்தபடி கேட்டார். “அந்தக் கோச்சுல வந்த பாசஞ்சருங்க என்ன ஆனாங்கன்னு போட்டிருக்குங்களா?”

“இல்லீங்க. அவங்களைப் பத்தி ஒரு வரிகூட இல்ல.”

ஏர்போர்ட் வந்தது. பெட்டிகளை இறக்கிவைத்தேன். அப்படியே அனுப்பிவைக்க மனசு வரவில்லை. எனக்குத் தெரிந்தது ஜோக் ஒன்றுதானே.

“ஊருக்குப் போனதும் ஒரு வேன் வாங்கிடுங்க, நான் கிளீனரா வந்து...”

அவர் மனைவி குழந்தையின் கோட்டு பட்டனைப் போட்டுக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

“இன்னைக்கு வேண்டாங்ண்ணா.”